நோட்டீஸின் அடியில் ஒரு பெயர்

மெஷினக்கா வாயைத் திறந்தால் அச்சு மெஷினே கொஞ்சம் அடங்கிப் போகும். நூற்பாலையில் பழகிய குரல் அது. அந்த இரைச்சலில் கத்தினால்தான் பக்கத்தில் நிற்பவளுக்கே கேட்கும். ஆலையில் வேலைநிறுத்தம் வந்தபோது ஊரில் ஒரு அச்சகமும் நோட்டீஸ் அடித்துத் தரவில்லை. முதலாளியைப் பகைத்துக்கொள்ள யாருக்குத்தான் தைரியம் வரும்? வேலைநிறுத்தத்தில் இறங்கியவர்களுக்கு வேலையும் போயிற்று. அப்போதுதான் அவளும் அவளுடைய அண்ணனும் இன்னும் நாலைந்து பேரும் சங்கத்தின் தயவில் ஒரு பழைய மெஷினை வாங்கிப்போட்டு அச்சகம் தொடங்கினார்கள்.

அண்ணன் அன்றே சட்டம் போட்டுவிட்டார். வேலைநிறுத்த நோட்டீஸ் வந்தால், மெஷினில் எந்த வேலை ஓடினாலும் இறக்கிவிட்டு அதை ஏற்ற வேண்டும். அடியில் அச்சகத்தின் பெயர் கட்டாயம் இருக்க வேண்டும்.

"பயந்து பயந்து அடிக்கிறதுக்கா கடையப் போட்டோம்?" என்பார்.

அந்தப் பெயருக்காக ஜன்னல் கண்ணாடி உடைந்தது; ஒருமுறை அண்ணனின் மண்டையே உடைந்தது. தலையில் கட்டோடு வந்து அடுத்த நோட்டீஸுக்கு அச்சுக் கோத்த மனிதர் அவர். தங்கைக்கு அதில் அப்படியொரு பெருமை.

காலம் யாரை விட்டது? பில் புத்தகம், காலண்டர் என்று வேலை குவிந்தது. அண்ணன் மேனேஜர் ஆனார். அவர் அறைக்குக் கதவும் வந்தது. பிறகு காகிதம் மடிக்கும் மெஷின் வந்தது. அதுவரை கையால் மடித்து ஒட்டிக்கொண்டிருந்த பைண்டிங் பெண்கள் மூவரும் இந்த மாதத்தோடு நின்றுகொள்ளலாம் என்று சொல்லிவிட்டார், பாவி மனிதர்.

மறுநாள் காலை மூவரும் மெஷினுக்கு முன்னால் வந்து நின்றார்கள். மூத்தவளுக்குப் பசையம்மா என்று பெயர். கையில் எப்போதும் பசை காய்ந்திருக்கும்.

"ஸ்ட்ரைக் நோட்டீஸ்க்கா. அடிச்சுக் குடுங்க."

"யாரை எதிர்த்துடி?"

"உங்கண்ணனைத்தான்."

மெஷினக்கா அவர்கள் எழுதி வந்த தாளை வாங்கிப் படித்தாள். அடித்தால் அண்ணன் முகத்தில் எப்படி விழிப்பது? அடிக்காவிட்டால் இந்த மூன்று பேரின் பிழைப்பு? மெஷினில் காலண்டர் ஓடிக்கொண்டிருந்தது. நிறுத்தினாள், இறக்கினாள். நோட்டீஸை அவளே கோத்தாள். அடியில் வரும் பெயரை மட்டும் விட்டுவிட்டாள். அண்ணன் மானம் அவருடைய அச்சகத்தின் பெயரிலேயே கப்பலேற வேண்டாமே!

நின்ற மெஷின் மறுபடி ஓடும் சத்தம் கேட்டு அண்ணன் ஓடி வந்தார். "காலண்டர் எங்க? உனக்கென்ன பைத்தியமா?"

ஈரம் காயாத முதல் தாளை அவள் நீட்டினாள். "நீ போட்ட சட்டம்தாண்ணே."

அவர் படித்தார். முகம் சிவந்தது. மறுபடியும் படித்தார்.

"அடியில பேரு எங்க?"

"உனக்காகத்தாண்ணே விட்டேன்..."

"மண்டை உடைஞ்சப்பவே எடுக்கல. இப்ப எடுப்பியா?"

அவரே ஈய எழுத்துகளைப் பொறுக்கினார். பல வருஷம் தொடாத விரல்கள் தடுமாறின. உதவப் போன கையை அவள் பின்னுக்கு இழுத்துக்கொண்டாள். அழுகை வந்தது, அடக்கவும் இல்லை.

பெயரை மற்ற எழுத்துகளோடு சேர்த்துப் பூட்டிவிட்டு அண்ணன் பசையம்மாவிடம் திரும்பினார். "ஒட்டுறதுக்கு முன்னாடி பேசலாமா, ஒட்டினப்புறமா?"

"ஒட்டிட்டு வர்றோம்ணே. முதல்ல உங்க ரூம் கதவுலதான்."

அண்ணன் முன்னால் போய், ஒட்ட வசதியாகக் கதவைச் சாத்திவிட்டு வெளியே நின்றார்.