அண்ணன் கணக்கில் நான் குதித்தது

போன தீபாவளி கழிந்த கையோடு அப்பா பாலம் தாண்டிச் சிங்கப்பூருக்குப் போய், காலுக்கு ஒரு ஜோடி கித்தான் சப்பாத்தும் மரப்பிடி வைத்த ஸ்கிப்பிங் கயிறும் வாங்கிவந்தார். இரண்டும் அண்ணனுக்கு. மறுநாளிலிருந்து தினம் ஓர் அவித்த முட்டையும் அண்ணனுக்கு. நான் அந்தக் கயிற்றின் பிடியை ஒரு தரம் தடவிப் பார்த்தேன். வழவழவென்று, சிவப்பு வண்ணம் பூசி, என் உள்ளங்கைக்கென்றே கடைந்தது மாதிரி இருந்தது.

"வச்சிடு பாப்பா, அண்ணனோடது," என்றார் அப்பா.

அண்ணனுக்கு சர்வே ஆபீஸில் வேலை கிடைக்க இருந்தது. எழுத்துப் பரீட்சையில் தேறிவிட்டான். லாபிஸ் பக்கம் காட்டில் சங்கிலி இழுத்து நிலம் அளக்கிற வேலை. மலை ஏற வேண்டும், இடுப்பளவு சேற்றில் நடக்க வேண்டும். அதனால் டாக்டர் பரிசோதனை உண்டு. மூச்சை இழுத்தால் மார்பு எவ்வளவு விரிகிறது என்று நாடா வைத்து அளப்பார்கள். அண்ணனின் மார்பு விரிவதாகவே இல்லை. ஜொகூர் பாருவில் அரசாங்க ஆஸ்பத்திரியில் டாக்டருக்கு உதவியாக, டிரெசராக இருக்கும் அப்பா, வீட்டிலேயே அளந்து பார்த்து உதட்டைப் பிதுக்கினார். அதற்குத்தான் கயிறு.

என் விஷயமும் ஒன்று தொங்கிக்கொண்டிருந்தது. கான்வென்ட்டில் கடைசிப் பரீட்சை எழுதிவிட்டு வீட்டில் உட்கார்ந்திருந்தேன். பள்ளியை நடத்தும் கன்னியாஸ்திரி மதர் சொல்லி அனுப்பியிருந்தார்: ஜனவரியில் பள்ளி திறக்கும்போது சின்னப் பிள்ளைகளுக்கு டிரில் சொல்லிக்கொடுக்க ஒரு மாணவ ஆசிரியை வேண்டும், வருகிறாயா என்று. டிரில்லில் என்னை மிஞ்ச அந்தப் பள்ளியில் ஆள் கிடையாது. இதைச் சொல்ல எனக்குக் கூச்சமும் கிடையாது. அப்பா கேட்டுவிட்டுச் சிரித்தார். "டிரில்லா? வயசுக்கு வந்த பொண்ணு ஊர் பாக்கக் குதிக்கிறதா? அண்ணன் மொதல்ல வேலைக்குப் போகட்டும். அப்புறம் பாக்கலாம்." பள்ளி திறக்கும்வரை இடத்தைப் பிடித்துவைப்பதாக மதர் சொன்னார். அதற்குப் பிறகு அது என் வகுப்புத் தோழிக்குப் போய்விடும். அவளுக்கு இடது கால் எது வலது கால் எது என்றே தெரியாது.

வீட்டில் உட்கார்ந்ததில் எனக்கு என்னவோ ஆகிக்கொண்டிருந்தது. சாயங்காலமானால் தலைவலி. படுத்தால் தூக்கம் வராது. கால் மட்டும் தானாகத் துடிக்கும். காரணமில்லாமல் அழுகை. அம்மா திருஷ்டி கழித்தாள். பக்கத்து குவார்ட்டர்ஸ் அத்தை, "கல்யாணம் பண்ணி வைங்க, எல்லாம் சரியாப் போயிடும்," என்றாள். அத்தையிடம் எந்த நோய்க்கும் அந்த ஒரு மருந்துதான்.

எனக்குக் காரணம் தெரியும் என்று நான் நினைத்தேன். அண்ணன் பள்ளியில் வாங்கிப் பிரிக்காமலே வைத்திருந்த உடற்கூறு புத்தகத்தை நான் பிரித்துவிட்டேன். இதயம் என்பது ஒரு தசை, மூடின கைமுட்டி அளவு. நாம் ஓடும்போது காலிலுள்ள தசைகள் பிராணவாயு கேட்கின்றன. அதை இரத்தம் சுமந்துகொண்டு போக வேண்டும். இதயம் விழுந்தடித்து வேலை செய்கிறது. தினமும் அப்படி வேலை வாங்கினால் அதுவும் மற்றத் தசை மாதிரி பலப்பட்டு, ஒரே அழுத்தில் நிறைய இரத்தத்தைத் தள்ளும். அப்புறம் சும்மா உட்கார்ந்திருக்கும்போது அதற்கு அவசரமே இல்லை, நிதானமாக அடிக்கும். படித்தபோது எனக்கு உடம்பு சிலிர்த்தது. பள்ளியில் டிரில் முடிந்து வேர்க்க வேர்க்க நின்ற நாட்களில் என் தலை எவ்வளவு தெளிவாக இருந்தது என்று நினைவு வந்தது. மூளைக்குப் போவதும் அதே இரத்தம்தானே!

ஆக, மருந்து எதுவென்று எனக்குத் தெரியும். அது பின்கட்டில் ஆணியில் தொங்கியது. அதை எடுக்க உரிமை அண்ணனுக்கு.

அண்ணனோ மூன்றாம் நாளே சலித்துவிட்டான். பின்கட்டில் குளிக்கிற இடத்துக்குப் பக்கத்தில், தகரத் தடுப்புக்குப் பின்னால் சிமென்ட் தரை. விடிந்ததும் அங்கேதான் குதிக்க வேண்டும். அப்பா முன் வராந்தாவில் சாய்வு நாற்காலியில் படுத்துக்கொண்டு சத்தத்தை வைத்தே மேற்பார்வை செய்தார். நான் வாளியோடு போனபோது அண்ணன் காலில் கயிறு சிக்கி, வாளி வைக்கிற திட்டில் உட்கார்ந்து மூச்சு வாங்கிக்கொண்டிருந்தான். கயிறு தரையில் கிடந்தது. எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. கிடைக்காதவள் நிற்கிறேன், கிடைத்தவன் அதைக் கீழே போட்டிருக்கிறான்!

"குடு, காமிக்கிறேன்," என்று பாவாடையைச் செருகிக்கொண்டு குதித்தேன். சட், சட், சட்டென்று கயிறு சிமென்ட்டில் அடித்தது. என் இடது கால் எப்போதும் கொஞ்சம் அழுத்தமாக விழும். அதனால் ஒன்று விட்டு ஒன்று கனத்த சத்தம்.

முன்பக்கத்திலிருந்து அப்பாவின் குரல் வந்தது. "அப்படித்தான்டா! விடாதே!"

நானும் அண்ணனும் ஒருவரை ஒருவர் பார்த்தோம். அவன் முகம் மெல்ல மலர்ந்தது.

"பாப்பா," என்றான் குழைந்து, "நாளைக்கும் வர்றியா?"

"அண்ணே, நான் குதிச்சா என் மார்புதான் விரியும். உன் மார்பு விரியாது. இதென்ன ஒருத்தருக்காக இன்னொருத்தர் நேர்த்திக்கடன் செலுத்துற மாதிரியா?"

"அலமாக்! ஒரு நாடாவுக்கு இவ்வளவு பேச்சா? டாக்டர் அளக்குறப்போ வயித்த எக்கி மூச்சை இழுத்தாப் போச்சு."

அவன் தேறாவிட்டால் என் பள்ளிக்கூடமும் போய்விடும் என்பது எனக்கு நன்றாகவே தெரியும். ஆனால் அவன் குதித்தால் எனக்குக் கயிறு கிடையாது. ஜனவரி தூரத்தில் இருந்தது, கயிறு கையில் இருந்தது. மறுநாள் விடியுமுன்பே போய் நின்றேன்.

அப்படியே நாட்கள் ஓடின. நான் குதிப்பேன். அண்ணன் தகரத்தில் சாய்ந்து பீடி குடிப்பான். முடிந்ததும் குழாயில் தலையை நனைத்து, வேர்த்த மாதிரி துண்டால் துடைத்துக்கொண்டு முன்னால் போவான்.

"இன்னிக்கி ஒரு தடங்கல் இல்லே. கேட்டுக்கிட்டே இருந்தேன்," என்பார் அப்பா.

"பழக்கம் வந்துருச்சுப்பா."

"பாத்தியா! சாப்பிடு, நல்லாச் சாப்பிடு."

அதுவரை பொறாமைப்பட எனக்குச் சப்பாத்து இருந்தது, முட்டை இருந்தது. இப்போது என் சொந்தக் குதிப்பின் மேலேயே பொறாமை வந்தது. என் காலுக்கும் என் மூச்சுக்கும் உரிய பாராட்டு என் கண்ணெதிரே அவன் தோளில் விழுந்தது. அவன் முட்டையை உப்புத் தொட்டு நிதானமாகத் தின்றான். எதிரே உட்கார்ந்து தோசையைப் பிய்த்தபோது, அந்த மஞ்சள் கருவைப் பிடுங்கித் தெருவில் எறிந்தால் என்ன என்று எனக்குத் தோன்றியதுண்டு.

ஒரு காலை என் தோசைக்கடியில் பாதி முட்டை இருந்தது. நிமிர்ந்து பார்த்தேன். அம்மா அடுப்பைப் பார்த்துக்கொண்டு நின்றாள். அதைத் தோசையோடு சேர்த்து விழுங்கினேன். ஆனாலும் பாதிதான் என்பதை நான் கவனிக்கத் தவறவில்லை.

ஞாயிற்றுக்கிழமைகளில் அப்பா அண்ணனின் மணிக்கட்டைப் பிடித்து, ஆஸ்பத்திரிக் கடிகாரத்தைப் பார்த்து நாடி எண்ணுவார். குதித்துப் பழகினவன் நாடி இறங்க வேண்டும். அண்ணனுடையது இறங்கவில்லை. அப்பா தலையைச் சொறிந்தார். "சத்து போதலே போலிருக்கு," என்று இன்னொரு முட்டை சேர்த்தார். அப்புறம் பாலும் சேர்த்தார். வேலையே செய்யாத உடம்பில் அத்தனையும் இறங்கி, அண்ணனின் கன்னம்தான் விரிந்தது.

நான் தாடைக்குக் கீழே விரலை வைத்து என் நாடியைப் பார்த்துக்கொள்வேன். அது இறங்கிக்கொண்டே வந்தது. புத்தகத்தில் போட்டபடியே! சாயங்காலத் தலைவலி எப்போது போனதென்றே தெரியவில்லை. படுத்தால் கல்லைப் போட்ட மாதிரி தூக்கம். பக்கத்து அத்தை ஏதாவது சொன்னால் சுருக்கென்று தைக்காமல் சிரிப்பு வந்தது. இவ்வளவு பெரிய கண்டுபிடிப்பு என் தொண்டைக்குள் துடிக்கிறது. சொல்ல ஆள் இல்லை. டிரெசர் வீட்டில் எல்லோரும் தவறான மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டிருந்தார்கள்.

டிசம்பரில் மழை பிடித்தது. பின்கட்டுச் சிமென்ட்டில் பாசி படர்ந்து, கால் வைத்தால் வழுக்கியது. அப்பாவே, "மழை விடட்டும்," என்றார். சில நாள் நான் தாக்குப்பிடித்தேன். அப்புறம் பழைய துடிப்பு காலுக்கு வந்தது. தூக்கம் கலைந்தது. ஒருநாள் துணி காயவில்லை என்று அழுதேன். நாடியைப் பார்த்தால் அது மெல்ல ஏறத் தொடங்கியிருந்தது. இந்தப் பலன் கடன் வாங்கின நகை மாதிரி, போட்டுக்கொண்டே இருந்தால்தான் நம்முடையது, கழற்றினால் போய்விடும் என்று அப்போதுதான் புரிந்தது. புத்தகம் இதை இவ்வளவு அழுத்திச் சொல்லவில்லை. அண்ணனுக்கு மட்டும் மழையில் எந்த மாற்றமும் இல்லை. அவன் நிம்மதியாகக் குறட்டை விட்டான். அதுகூட எனக்குப் பொறாமைதான்.

மழை விட்டுச் சில நாள் கழித்துப் பரிசோதனை வந்தது. அண்ணன் சப்பாத்தைத் துடைத்து மாட்டிக்கொண்டு போனான். மத்தியானம் திரும்பி வந்தபோது சப்பாத்து கையில் இருந்தது.

"வெள்ளைக்காரன் நாடா வச்சான். வயித்த எக்கினேன், கண்டுபிடிச்சு, தோள்ல தட்டி, வயித்தை விடுன்னுட்டான். அப்புறம் ஒரு ஸ்டூலைப் போட்டு ஏறி இறங்கச் சொன்னான். நாடியைப் பாத்துட்டு... மூணு மாசம் கழிச்சு வான்னுட்டான்ப்பா."

அப்பாவுக்குக் கோபம் டாக்டர் மேல்தான் வந்தது. "அவனுக்கு அளக்கத் தெரியலே! தெனமும் இந்தக் காதால கேட்டிருக்கேன். எடுடா கயிறை. இங்கேயே குதி. எங்கே தப்புன்னு பாக்கறேன்."

வராந்தாவில் அண்ணன் கயிற்றைச் சுற்றினான். சிக்கியது. மறுபடி சுற்றினான். நாலைந்து தரம் தொப்புத் தொப்பென்று குதித்துவிட்டு, தூணைப் பிடித்துக்கொண்டு இளைத்தான்.

அப்பா அவனையே பார்த்தார். "இது இல்லியே. இந்தச் சத்தம் இல்லியே. அப்போ நான் தெனமும் கேட்டது?"

சமையலறை வாசலில் அம்மா கையைத் துடைத்துக்கொண்டே சொன்னாள்: "நீங்க கேட்டதெல்லாம் சரிதான். ஆளைத்தான் மாத்தி நெனச்சிட்டீங்க."

பள்ளி திறக்க இன்னும் சில நாள்தான் இருந்தது. இனி இழக்க ஒன்றுமில்லை என்று தோன்றியது. அண்ணன் கையிலிருந்து கயிற்றை வாங்கினேன். முதல்முறையாக முன்பக்கத்தில், தெரு பார்க்க, பாவாடையைச் செருகிக்கொண்டு குதித்தேன். அப்பா நிறுத்தச் சொல்லவில்லை. நாற்காலியில் சாய்ந்து கண்ணை மூடிக்கொண்டார். சட், சட், ஒன்று விட்டு ஒன்று கனமாக. பக்கத்து வீட்டு அத்தை ஜன்னலைத் திறந்து, "ஐயையோ!" என்றாள். நான் நிறுத்தவில்லை. அப்பாவின் விரல் நாற்காலிக் கையில் தாளம் போட்டது. பல வாரமாகக் கேட்ட சத்தத்துக்கு அந்த விரல் பழகிப்போயிருந்தது.

கயிற்றைக் கீழே வைத்ததும், "வா," என்று என் மணிக்கட்டைப் பிடித்தார். கடிகாரத்தைப் பார்த்தார். விடவில்லை. கொஞ்ச நேரம் கழித்து, அது எவ்வளவு சீக்கிரம் தணிந்தது என்று மறுபடி எண்ணினார். பிறகு எழுந்து உள்ளே போய் அளவு நாடாவை எடுத்து வந்து அம்மாவிடம் கொடுத்தார்.

"நீயே அளந்து சொல்லு."

அம்மா என்னை உள்ளே கூட்டிப்போய் ரவிக்கைமேல் நாடாவைச் சுற்றினாள். நான் மூச்சை இழுத்தேன். அம்மா நாடாவைப் பார்த்துவிட்டு, "இவளையே சர்வேக்கு அனுப்பிடலாம்," என்று சத்தமாகச் சொன்னாள்.

அப்பா சிரிக்கவில்லை. அண்ணனைப் பார்த்து, "முட்டையெல்லாம் யார் தின்னது?" என்றார். அப்புறம் என்னைக் கேட்டார்: "மதருக்கு என்ன பதில் சொன்னே?"

"நீங்க சொன்னதைத்தான்ப்பா. அப்புறம் பாக்கலாம்னு."

"நாளைக்குப் போய் வர்றேன்னு சொல்லு. ஆனா ஒண்ணு. பள்ளிக்கூடம் போறதுக்கு முன்ன இவனை நீதான் குதிக்க வைக்கணும். இங்கே, என் கண் முன்னாலே."

நான் போனேன். சின்னப் பிள்ளைகளை வரிசையில் நிறுத்தி, கையைத் தூக்கு, மூச்சை இழு என்று கத்துகிறேன், மதர் ஜன்னலிலிருந்து பார்க்கிறார், சம்பளம் சொற்பம், எனக்கு அதைப்பற்றிக் கவலையில்லை. கதை இதோடு முடிந்திருந்தால் நான் சந்தோஷமான பெண்ணாயிருப்பேன்.

ஆனால் அண்ணன் நிஜமாகவே குதிக்க ஆரம்பித்தான். நானே பழக்கிவிட்டேன். முதல் வாரம் திட்டினான், இரண்டாம் வாரம் பீடியை விட்டான். அப்புறம் அவன் நாடி இறங்கிய வேகம் இருக்கிறதே! நான் தீபாவளியிலிருந்து மழைவரை பாடுபட்டு இறக்கியதை அவன் ஒரு மாசத்தில் தாண்டிவிட்டான். ஞாயிற்றுக்கிழமை அப்பா கடிகாரத்தை மூடிவைத்து, "பாப்பாவோடதை விடக் கம்மி!" என்று வீடு அதிரச் சொன்னார். ஆண்பிள்ளை இதயம் அளவில் பெரிது, ஒவ்வொரு அடிப்புக்கும் அதிக இரத்தம் தள்ளும் என்று நான் அவர்களுக்கு விளக்கினேன். சரியான விளக்கம்தான். அதைச் சொல்லும்போது என் வயிறு எரிந்ததும் சரியான எரிச்சல்தான்.

இரண்டாவது கயிறு இன்னும் வாங்கவில்லை. அதனால் அண்ணன் எனக்கு முன்னால் எழுந்து ஆணியிலிருந்து அதை எடுத்துவிடுகிறான். நான் அவனுக்கு முன்னால் எழுந்தேன். அவன் அதற்கும் முன்னால் எழுந்தான். நேற்று சேவல் கூவும் முன்பே நான் வராந்தாவில் குதித்துக்கொண்டிருந்தபோது, உள்ளேயிருந்து அப்பாவின் தூக்கக் குரல் கேட்டது.

"பாப்பாதானே? தெரியுது. இடது கால் கனமா விழுது."

நான் இன்னும் வேகமாகக் குதித்தேன்.