முதல் இழுப்பு

கயிறு அசைந்தது.

அசையவில்லை என்று நான் சொன்னேன். பிரின்சிபால் துரை முன்னால், தலைமைக் குமாஸ்தா முன்னால், பையனைப் பெற்றவர் முன்னால் நின்று சொன்னேன். அது பொய். என் உள்ளங்கைக்குள் அந்தக் கயிறு அசைந்தது. இப்போதும் அசைகிறது...

நீங்கள் என்னைப் பார்த்திருக்கலாம். மதுரை ஸ்டேஷனில் மேளம் வைத்து ஒருவனை இறக்கினார்களே, மாலை போட்டு ஜட்கா வண்டியில் ஊர்வலம் விட்டார்களே, ஒலிம்பிக் பந்தயத்தில் நீந்திவிட்டு வந்தவன் என்று... அவன்தான் நான். எத்தனையாவதாக வந்தாய் என்று ஒருவரும் கேட்கவில்லை. கடைசியாக வந்தேன். கேட்காததைச் சொல்லாமல் இருப்பது பொய்யாகாது என்று இருந்துவிட்டேன். பழக்கம் அங்கேதான் தொடங்கியதோ?

எனக்குப் படிப்பு குறைவு. எழுத்துக்கூட்டித்தான் எழுதுகிறேன். பிழை இருந்தால் பொறுத்துக்கொள்ளுங்கள். எழுத்துப் பிழையை மட்டும்தான் சொல்கிறேன். மற்றதைப் பொறுக்கச் சொல்லி உங்களிடம் கேட்கவில்லை.

சொந்த ஊர் விளாங்குடி. மாடு பூட்டிக் கமலை இறைக்கிற கிணறுகளில் நீந்தி வளர்ந்தவர்கள் நாங்கள். அடிக்குப் போய் ஒரு பிடி மண் அள்ளிக்கொண்டு மேலே வர வேண்டும். அடிமண் எடுப்பது என்போம். அதை எடுத்தவனுக்குத்தான் நீச்சல் தெரியும் என்று பேச்சு. பழகுகிறவன் இடுப்பில் கயிறு கட்டி, மறுமுனையை மேலே ஒருவன் பிடித்துக்கொள்வான். மூச்சு முட்டினால் கீழே இருப்பவன் கயிற்றை இழுக்க வேண்டும். மேலே இருப்பவன் தூக்கிவிடுவான்.

ஆனால் முதல் இழுப்புக்குத் தூக்கமாட்டோம். அது எங்கள் வழக்கம்.

எனக்குக் கயிறு பிடித்தவன் என் மாமன் மகன். வழக்கம் தெரிந்தும், மேலே வந்து இருமிக்கொண்டே அவனைத் திட்டினேன்.

"மொத இழுப்பே உசுரு போற இழுப்புடா! தூங்கிட்டியா?"

"எல்லாவனும் இதையேதான் சொல்றான் மாப்ள. மொத இழுப்பு பயத்துக்கு. ரெண்டாவதுதான் உசுருக்கு. பயத்துக்கெல்லாம் தூக்குனா நீ படியில உக்காந்து செம்புல மோந்து குளிக்க வேண்டியதுதான்."

கிணற்றடியே சிரித்தது. நானும் சிரித்தேன்.

அந்த வழக்கத்தில் எங்களில் ஒருவனுக்கும் கேடு வந்ததில்லை. ஏன் தெரியுமா? கீழே இருப்பவனுக்கும் அது தெரியும். இரண்டாம் இழுப்புக்கு அவன் கொஞ்சம் தெம்பை மிச்சம் வைத்திருப்பான். வழக்கம் மேலும் கீழும் ஒன்றாக இருந்தது. இது எனக்குப் பின்னால்தான் புரிந்தது. முன்னால் புரிந்து என்ன, பின்னால் புரிந்து என்ன!

ஊர்வலம் முடிந்த கையோடு ஒரு கல்லூரியில் கூப்பிட்டு எனக்கு நீச்சல் வாத்தியார் வேலை கொடுத்தார்கள். விடுதிக்குப் பின்னால் பெரிய படிக்கிணறு இருந்தது. எனக்கு ஒரு நாற்காலி போட்டார்கள். வெள்ளைக் கோட்டு தைத்துக் கொடுத்தார்கள். இங்கிலீஷ் படிக்கிற பிள்ளைகள் என்னைப் பார்த்து எழுந்து நின்றார்கள். வீட்டில் எங்கள் கிணறு வற்றி, மாடுகளை விற்றுவிட்டிருந்த நேரம்.

அந்தப் பிள்ளைகளுக்கும் கயிறு கட்டினேன். டவுன் பிள்ளைகள், பயந்தார்கள். தைரியம் சொன்னேன்: "ஒரே ஒருதரம் இழு. அடுத்த நிமிசம் மேல இருப்ப."

இரண்டாவதற்குத்தான் தூக்குவேன் என்று சொல்லவில்லை. சொன்னால் இரண்டையும் சேர்த்து இழுத்துவிடுவார்கள் என்று எண்ணினேன். ஒன்று என்று வாயால் சொன்னேன். இரண்டு என்று கையால் காத்திருந்தேன். இதுதான் நான் செய்தது. இதற்குப் பெயர் என்னவென்று நீங்களே சொல்லுங்கள்!

அநேகம் பேர் எப்படியோ உதைத்துக்கொண்டு மேலே வந்துவிட்டார்கள். வந்தவர்கள் முணுமுணுத்தார்கள். சார் வேண்டுமென்றே தூக்காமல் இருக்கிறார், தண்ணீருக்குள் போட்டு வதைக்கிறார் என்று கல்லூரிக்குள் பேச்சானது. எனக்குக் கோபம் வந்தது. சீமைத் தண்ணீரில் நீந்தியவனுக்கு இவர்களா சொல்லித் தருவது?

காதர் மட்டும் முணுமுணுக்கவில்லை. தெற்கு வாசல் பக்கத்துப் பையன். அவன் அத்தா ராவுத்தர், கோரைப்பாய்க் கடை வைத்திருந்தார். ஸ்டேஷனில் எனக்கு முதல் மாலை போட்டவர் அவர். காதரின் நீச்சல் என்னுடையதைவிட நல்ல நீச்சல். தண்ணீர் அவனுக்கு வழிவிட்டுக் கொடுத்தது. இவன் கப்பல் ஏறுவான், கடைசியாக வரமாட்டான் என்று எனக்குள் ஒரு ஆசை இருந்தது. அவனிடம் சொன்னதில்லை. ஆசை இருந்ததால்தான் அவனை அதிகம் விரட்டினேன் என்று சொன்னால் நம்புவீர்களா? நம்பினாலும் குறைகிறதா?

அன்று காலை அவன் மூக்கை உறிஞ்சிக்கொண்டே வந்தான்.

"சார், சளி புடிச்சிருக்கு. காதெல்லாம் அடைச்சாப்புல இருக்கு. இன்னைக்கு மேலாக்க நீஞ்சிட்டுப் போறேனே?"

"அடிமண் எடுத்தா எல்லாம் தொறந்துக்கும். எறங்கு."

இடுப்பில் கயிற்றை முடிந்துகொண்டே சிரித்தான். "ஒரு இழுப்புதான சார்?"

"ஒரே இழுப்பு."

"பாத்து சார். எங்க அத்தாவுக்கு நான் ஒத்தைக்கு ஒரு மகன். பாயெல்லாம் யாரு விக்கிறது?"

குதித்தான்.

கயிறு ஓடியது. நின்றது. பிறகு அசைந்தது. மீன் கடிப்பதுபோல அல்ல, தண்ணீர் அலைப்பதுபோல அல்ல... ஒரு ஆள் இழுத்த இழுப்பு. என் விரலெல்லாம் இறுகியது. நான் காத்திருந்தேன். இவன் நல்ல நீச்சல்காரன், பயத்தில் இழுக்கிறான், அடுத்ததற்குத் தூக்குவோம் என்று காத்திருந்தேன்.

அடுத்தது வரவில்லை. கயிறு கனத்துப்போய் நின்றது.

தூக்கினேன். படியில் கிடத்தி வயிற்றை அமுக்கித் தண்ணீர் எடுத்தேன். மூச்சு வந்தது. இரண்டு காதிலிருந்தும் ரத்தம் வந்தது. ஆழத்தில் காதுக்குள் என்னவோ வெடித்தது, மேல் எது கீழ் எது என்று தெரியவில்லை, ஒருதரம் இழுத்தேன், அப்புறம் கை வரவில்லை என்று ஆஸ்பத்திரியில் அவன் சொன்னானாம். உயிர் பிழைத்தான். காது சீழ் பிடித்து, இரண்டும் போய்விட்டது.

முணுமுணுத்த பிள்ளைகளெல்லாம் சேர்ந்து எழுதிக் கொடுத்தார்கள். விசாரணை வைத்தார்கள்.

பிரின்சிபால் துரைக்குத் தமிழ் கொஞ்சம் வரும். கேட்டது ஒன்றே ஒன்று. "கயிறு அசைந்ததா?"

காதர் சுவரோரம் நின்றான். அவனுக்கு ஒன்றும் கேட்கவில்லை. என் வாயையே பார்த்துக்கொண்டிருந்தான்.

ஆம் என்றால் நாற்காலி போகும். கோட்டு போகும். ஸ்டேஷன் மேளம் போகும். வற்றிய கிணற்றுக்குத் திரும்ப வேண்டும்... இதெல்லாம் அப்போது யோசித்தேன் என்று சொன்னால் அதுவும் பொய். ஒன்றும் யோசிக்கவில்லை. வாய் தானாகச் சொல்லிவிட்டது.

"அசையலைங்க."

துரை நான் சொன்னதை ஒரு காகிதத்தில் எழுதிக் காதரிடம் காட்டினார். அவன் படித்தான். தன் சத்தம் தனக்குத் தெரியாதவனாகையால் அறை அதிரக் கத்தினான்: "இழுத்தேன் சார்! அல்லாவே, இழுத்தேன்!"

ராவுத்தர் எழுந்து போய் அவன் கன்னத்தில் அறைந்தார்.

"ஒலகமே பாத்த மனுசன்டா அவரு! பயந்து செத்தத மறைக்க வாத்தியார் மேல பழி போடுறியா? எனக்கு இப்படி ஒரு பொய்யன் வந்து பொறக்கணுமா!"

என் காதுக்குத்தான் அது எல்லாம் கேட்டது. அவனுக்கு அடி மட்டும் தெரிந்தது.

அப்போதாவது சொல்லியிருக்கலாம் அல்லவா? அந்த அறை விழுந்த சத்தத்திற்குப் பிறகாவது? கோட்டுப் பித்தானைப் போட்டுக்கொண்டு நின்றேன். மற்றப் பிள்ளைகள் அதைக் கேள்விப்பட்டு, தாங்கள் எழுதிக் கொடுத்ததைத் திருப்பி வாங்கிக்கொண்டார்கள். பொய்ப் புகார் என்று காதரைக் கல்லூரியை விட்டு நீக்கினார்கள்.

மறுநாள் ராவுத்தர் என் வீடு தேடி வந்தார். கக்கத்தில் ஒரு கோரைப்பாய். கடையிலேயே நல்ல பாய்.

"மன்னிச்சிருங்க சார். புள்ளைய வளக்கத் தெரியல. நீங்க இத விரிச்சு நிம்மதியாப் படுங்க."

வாங்கிக்கொண்டேன்! கை நீட்டி வாங்கிக்கொண்டேன். இன்றுவரை அதை விரிக்கவில்லை.

ஒருதரம் மனம் தாளாமல் தலைமைக் குமாஸ்தாவிடம் போய் நின்றேன். "அந்தக் காதர் விசயமா ஒண்ணு சொல்லணும்..." என்றேன். அவர் மூக்குப்பொடி டப்பாவைத் தட்டினார். "அது முடிஞ்சுபோச்சுய்யா. காலேஜுக்கும் நல்ல பேரு, உமக்கும் நல்ல பேரு. பேசாமப் போய் வேலையப் பாரும்." போனேன். போகச் சொன்னதும் உள்ளுக்குள் ஒரு ஆறுதல் வந்தது பாருங்கள்... அதைத்தான் என்னால் மறக்க முடியவில்லை.

அப்புறம் உலகச் சண்டை வந்தது. அரிசிக்கு வரிசை வந்தது. தெற்கு வாசல் பக்கமே நான் போகவில்லை. ராவுத்தர் இறந்துவிட்டார் என்று ஒருநாள் கடைவீதியில் பேசிக்கொண்டார்கள். அதற்குப் பிறகுதான் போனேன். அவர் போகட்டும் என்றுதான் இத்தனை நாள் காத்திருந்தேனா? இரண்டாம் இழுப்புக்குக் காத்திருந்த மாதிரியே? தெரியவில்லை... தெரியாது என்று சொல்வதும் ஒரு ஒளிவுதான்.

காதர் கடையில் இருந்தான். தாடி வைத்திருந்தான். வாடிக்கைக்காரர்கள் கேட்பதை எழுதிக் காட்ட ஒரு சிலேட்டு வைத்திருந்தான். என்னைக் கண்டதும் எழுந்து நின்றான். பழைய மரியாதை.

வாயால் சொன்னேன். "கயிறு அசைஞ்சுச்சுப்பா. நான் பொய் சொன்னேன்." அவன் என் வாயைப் பார்த்துவிட்டு, சிலேட்டை எடுத்து நீட்டினான்.

எழுதினேன். நாலு வார்த்தை எழுத எனக்கு அவ்வளவு நேரம் ஆனது. கயிறு அசைந்தது, எனக்குத் தெரியும்.

அவன் படித்தான். சிரித்த மாதிரி இருந்தது. பிறகு தெருவே திரும்பிப் பார்க்கும்படி பேசினான்.

"இத எனக்கு ஏன் சார் எழுதிக் காட்டுறீங்க? இழுத்தது என் கைதான? எனக்குத் தெரியாதா? அத்தாகிட்டல்ல சொல்லியிருக்கணும்! மவுத்தாகுற அன்னைக்குக்கூட, 'இனிமேலாச்சும் பொய் சொல்லாம இருடா'ன்னு எழுதிக் காட்டிட்டுப் போனாக..."

அதற்குள் ஒரு அம்மாள் கடைக்கு வந்துவிட்டாள். அவன் உள்ளங்கையால் சிலேட்டைத் துடைத்து அவளிடம் கொடுத்தான். அவளுக்காக ஒரு பாயை உதறி விரித்துக் காட்டினான். பிறகு வந்துவிட்டேன்.

அன்றே துரையிடம் போய் எல்லாவற்றையும் சொல்லியிருப்பேன் என்று நினைக்கிறீர்களா? அந்தத் துரை ஊருக்குப் போய்விட்டார். புதியவரிடம் சொல்லலாம். சொல்லவில்லை. இன்னும் நாற்காலியில்தான் உட்கார்ந்திருக்கிறேன்.

இப்போதும் பிள்ளைகளுக்குக் கயிறு கட்டுகிறேன். ஆனால் அடிமண் ஒருவனும் எடுப்பதில்லை. குதித்த உடனே என் கை தானாகத் தூக்கிவிடுகிறது. "சார், இன்னும் நான் இழுக்கவே இல்ல!" என்று கத்துகிறார்கள். "நம்மள வாளின்னு நெனச்சுத் தண்ணி எறைக்கிறாருடா" என்று என் காதுபடவே சிரிக்கிறார்கள். சிரிக்கட்டும்.

அவர்கள் இழுக்கவில்லைதான். ஆனால் கயிறு அசைகிறது. என் கைக்குத் தெரிகிறது. தூக்குகிறேன், தூக்குகிறேன்... மேலே வருகிறவன் காதர் இல்லை.