மாம்பா பிடிக்கும் லொம்வுலா

லொம்வுலா பாம்பு பிடிக்கக் கற்றுக்கொண்டது ஆசைப்பட்டு அல்ல. கரும்புத் தோட்டத்து கேன்டீனில் களி கிண்டுவதுதான் அவள் வேலை. ஒருநாள் வேலை முடிந்ததும், பக்கத்துக் கூடத்தில் பாம்பைப் பற்றி யாரோ பேச வந்திருக்கிறார்கள், கேட்க வருகிறவர்களுக்குச் சாப்பாடு உண்டு என்றார்கள். சமைத்துப் போட்டே பழகியவளுக்கு யாரோ சமைத்துப் போடுவதைச் சாப்பிட வேண்டும்போல் இருந்தது, போனாள். பேசியவர் டப்பாவைத் திறந்து நிஜப் பாம்பையே வெளியே எடுத்தபோது முக்கால்வாசிப் பேர் வாசலைப் பார்த்து ஓடினார்கள். லொம்வுலா எழுந்திருக்கவில்லை. விடியற்காலையிலிருந்து நின்ற கால். எழுந்து ஓடுவதற்கு அதில் தெம்பு இல்லை.

அதைத் தைரியம் என்று எடுத்துக்கொண்டு, பாம்பு பிடிக்கவும் கடிபட்டவரைக் கவனிக்கவும் அவர் அவளுக்குக் கற்றுக்கொடுத்தார். அடுத்த மாதமே நீள இடுக்கியும், திருகு மூடி போட்ட பெரிய பிளாஸ்டிக் டப்பாவும், முழங்கால் வரைக்கும் வரும் ரப்பர் பூட்ஸும் அவள் வீட்டுக்கு வந்து சேர்ந்தன. கணவன் ஜொஹானஸ்பர்க் பக்கம் சுரங்கத்தில் இருந்தான், கிறிஸ்துமஸுக்குத்தான் வருவான். வேண்டாம் என்று தடுக்க வீட்டில் ஆள் இல்லை.

அன்றிலிருந்து அவளுக்கு ஓய்வு என்பது போயிற்று. துணி துவைக்கும்போது கூப்பிடுவார்கள், சர்ச்சில் பாட்டுக்கு நடுவே கூப்பிடுவார்கள். போனால், கூப்பிடுவதற்கு முன்பே கல்லால் அடித்து, வெந்நீர் ஊற்றி, பாம்புக்கு வெறி ஏற்றி வைத்திருப்பார்கள். அடிக்காதீர்கள், தள்ளி நின்று அது எங்கே போகிறது என்று மட்டும் பாருங்கள் என்று எத்தனை முறைதான் சொல்வது? தலையை ஆட்டுவார்கள். அடுத்த முறையும் கல்லோடுதான் நிற்பார்கள். முதுகுக்குப் பின்னால் அவளைச் சூனியக்காரி என்றும் சொன்னார்கள். அதற்குக் கோபப்படவும் அவளுக்கு அலுப்பாக இருந்தது.

மருலாப் பழம் உதிர்ந்து ஊரெல்லாம் அதைக் கள்ளாகப் புளிக்க வைத்துக்கொண்டிருந்த ஒரு ஞாயிற்றுக்கிழமை மதியம். கேன்டீனில் காலை வேலை முடித்து வந்து, அப்போதுதான் வெந்நீரில் காலை வைத்துக் கண்ணை மூடியவளுக்குத் தெம்பிலேயிடமிருந்து போன் வந்தது. தெம்பிலே, ஓடைக்கு அந்தப் பக்கம் இருக்கும் கொத்தனார் மகாகுலாவின் மனைவி.

"அக்கா, விறகுக் குவியல்ல மாம்பா. நெசமாவே மாம்பா. கோழி எல்லாம் கத்திட்டு ஓடுது."

"எல்லாரும் வீட்டுக்கு அந்தப் பக்கம் போயிருங்க. யாரும் கிட்டப் போகாதீங்க. ஒங்க வீட்டுக்காரர் எங்க?"

தெம்பிலே குரலைத் தாழ்த்தினாள். "கம்பு எடுத்துட்டு வந்திருக்காரு. காலையிலேருந்து கள்ளு."

மாம்பா கொத்தினால் கொஞ்ச நேரத்திலேயே ஆளின் மூச்சு நின்றுவிடும். லொம்வுலா காலைத் துடைத்து பூட்ஸுக்குள் நுழைத்தாள். அவள் ஓடையைத் தாண்டி வாசலை எட்டியபோது, மகாகுலா நீளமான கம்பால் விறகைக் குத்திக்கொண்டிருந்தார். பெரிய உடம்புக்காரர். ஊரில் பாதி வீடு அவர் கட்டியது.

"வந்துட்டாங்க, பாம்புக்குத் தாயம்மா," என்றார் சிரித்துக்கொண்டே. "ஒன் புள்ளைய அடிக்கப் போறேன்னு அழுதுட்டு வந்தியா?"

"பாபே, கம்பக் கீழ போட்டுட்டு இந்தப் பக்கம் வாங்க," என்றாள். பெரியவர்களை அங்கே பாபே, அதாவது அப்பா, என்றுதான் கூப்பிடுவார்கள்.

"ஆம்பள இருக்கிற வீட்டுல பொம்பள வந்து பாம்பு பிடிக்கணுமா?"

அவள் கண் அவருக்குப் பின்னால் போயிற்று. விறகுக் குவியலுக்குக் கொஞ்சம் தள்ளி ஒரு பழைய கறையான் புற்று. அதன் அடியில் வழவழவென்று தேய்ந்த ஓட்டை. விறகுக்கும் அந்த ஓட்டைக்கும் நட்டநடுவே மகாகுலா காலை அகட்டி நின்றிருந்தார்.

"பாபே, அதோட வீடு ஒங்களுக்குப் பின்னால இருக்கு. அது ஒங்களத் தொரத்த வராது, வீட்டுக்குத்தான் போகும். நீங்க வழியில நிக்கிறீங்க. அப்பிடியே பக்கவாட்டுல மெள்ள நகருங்க."

"எனக்கு வழி சொல்ல வந்துட்டா," என்று அவர் இன்னொரு குத்துக் குத்தினார்.

சாம்பல் நிறத்தில் என்னவோ வெளியே வந்தது. லொம்வுலா எத்தனையோ மாம்பா பார்த்தவள், அன்றைக்கும் அவள் கண்ணுக்கு முழுதாகப் பிடிபடவில்லை. அவர் இடுப்பளவுக்குத் தலை எழுந்ததும், வாய்க்குள் மை பூசினாற்போலக் கறுப்பாகத் தெரிந்ததும் ஞாபகம் இருந்தது. எத்தனை முறை கொத்தியது என்று கேட்டால் அவளுக்குச் சொல்லத் தெரியாது. அவர் கம்பைத் தூக்குவதற்குள் வால் நுனி புற்றுக்குள் போய்க்கொண்டிருந்தது.

"ஒண்ணுமில்ல," என்றார் மகாகுலா. "முள்ளு கீறின மாதிரிதான் இருக்கு."

தொடையில் இரண்டு இடத்தில் ரத்தம் பொட்டு வைத்திருந்தது.

"ஒக்காருங்க பாபே. இல்ல, படுங்க. காலை ஆட்டாதீங்க."

"நாட்டு வைத்தியர் வீட்டுக்கு ஓடிட்டு வந்துர்றேன். கீறி விட்டா சரியாயிரும்."

"ஓடினீங்கன்னா அவர் வீட்டுக்குப் போகமாட்டீங்க, கல்லறைக்குத்தான் போவீங்க. தெம்பிலே, போர்வை கொண்டா. பழசு வேணாம், நல்லதா."

இருவரும் போர்வையை நீள நீளமாகக் கிழித்து, விரல் நுனியிலிருந்து இடுப்பு வரைக்கும் காலை இறுக்கிச் சுற்றினார்கள். ஆடாமலிருக்கக் காலோடு அதே கம்பை வைத்துக் கட்டினாள் லொம்வுலா. தர்பூசணி ஏற்றி வைத்திருந்த லுங்கேலோவின் பிக்கப் வண்டியைத் தெம்பிலே ஓடிப்போய் நிறுத்தினாள். லுங்கேலோ இளைஞன், மறுபேச்சுப் பேசவில்லை. பழத்தையெல்லாம் ரோட்டோரத்தில் உருட்டிவிட்டான்.

மண் ரோடு முடிவதற்குள் மகாகுலாவுக்கு உதடு மரத்துப்போயிற்று. "வாயில எறும்பு ஓடுற மாதிரி இருக்கு," என்றார். தார் ரோட்டுக்கு வந்தபோது இமை தொங்கிவிட்டது. எச்சில் ஒழுகியது. ஏதோ சொல்ல வந்தார், சொல் வரவில்லை. லொம்வுலா அவர் தலையைத் தன் பக்கம் சாய்த்து வாயைத் துடைத்துக்கொண்டே மார்பைப் பார்த்திருந்தாள். அது ஏறுவது குறைந்தது. பிறகு ஏறவில்லை.

"போய்ட்டாரு," என்று தெம்பிலே அலறினாள்.

"போகல. மூச்சு விட மறந்துட்டாரு, அவ்வளவுதான். நாம விடணும்."

அவரை மல்லாக்கப் படுக்க வைத்து, தாடையைத் தூக்கி, மூக்கைப் பிடித்து ஊதினாள். புளித்த கள் நாற்றம் முகத்தில் அடித்தது. ஊதினாள், மார்பு எழுந்தது. இறங்கும் வரைக்கும் காத்திருந்தாள், மறுபடி ஊதினாள். வண்டி குலுங்கும்போதெல்லாம் பல்லும் பல்லும் இடித்தது. அவளுக்குத் தலை சுற்றியபோது தெம்பிலே ஊதினாள், தெம்பிலேக்கு அழுகை வந்து மூச்சு முட்டியபோது இவள். ஓரிடத்தில் மாட்டு மந்தை ரோட்டை அடைத்துக்கொண்டு நின்றது. லுங்கேலோ இறங்கி மாடுகளைக் கையால் தள்ளினான்.

எங்கே என்று தெரியாது, நடுவழியில் லொம்வுலாவுக்கு வாய் திறந்துகொண்டது. ஊதுவதற்கு நடுவே பேச ஆரம்பித்தாள்.

"ஒனக்கு என்னடா கேடு? நகருன்னு சொன்னேன்ல." ஊதினாள். "விடியறதுக்கு முன்னாலேருந்து நிக்கிறேன்டா நான். ஒக்காந்து ஒரு வாய் டீ குடிக்கல." ஊதினாள். "ஒருத்தனாவது சொன்னதக் கேக்குறீங்களா? எல்லாத்தையும் அடிச்சுப்புட்டு என்னக் கூப்பிடுங்க. தடியன். செத்துத் தொலைஞ்சியோ, அந்த அலுப்பையும் நான்தான் சுமக்கணும்." ஊதினாள். "சாகாதடா. எனக்குத் தெம்பு இல்ல."

தெம்பிலே அவளை நிமிர்ந்து பார்த்தாள். ஊர்ப் பெரியவரை யாரும் டா போட்டு அவள் கேட்டதில்லை.

ஆஸ்பத்திரியில் ஓடிவந்து எடுத்துக்கொண்டார்கள். குழாய் போட்டு மிஷினில் மாட்டினார்கள். விஷமுறிவு மருந்து அங்கே போதுமான அளவு இல்லை, இன்னொரு ஊரிலிருந்து வண்டியில் வந்தது. அது வரும்வரைக்கும் மிஷின் அவருக்காக மூச்சு விட்டது. உதடு வெடித்து ரத்தம் கட்டியிருந்த லொம்வுலாவைப் பார்த்த நர்ஸ், "நீங்க இவருக்கு என்ன வேணும்?" என்று கேட்டாள். "ஓடைக்கு இந்தப் பக்கத்து வீடு," என்றாள் லொம்வுலா. மறுநாள் விடியும் முன் கேன்டீனில் களி கிண்டிக்கொண்டிருந்தாள்.

மகாகுலா பிழைத்துக்கொண்டார். ஊரில் பேச்சு வேறு மாதிரி ஓடியது. தெம்பிலே ஆஸ்பத்திரியில் அவர் தலைமாட்டில் வைத்த வேர்தான் காப்பாற்றியது என்றார்கள் சிலர். அவர் உடம்பு வாகு அப்படி என்றார்கள் சிலர். பாம்பை ஏவி விட்டதே லொம்வுலாதான், அதனால்தான் அவள் ஊதியதும் விஷம் நின்றது என்றும் ஒரு பேச்சு. அவள் எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டாள். எதையும் திருத்தவில்லை.

சில வாரம் கழித்து ஒரு சாயங்காலம் மகாகுலா அவள் வாசலில் வந்து நின்றார். உடம்பு பாதியாகியிருந்தது. நாற்காலியைக் காட்டியும் உட்காரவில்லை.

"எனக்கு எல்லாம் கேட்டுச்சு," என்றார்.

"என்ன கேட்டுச்சு பாபே?"

"வண்டியில. கண்ணத் தெறக்க முடியல, விரல அசைக்க முடியல. காது மட்டும் நல்லாக் கேட்டுச்சு. நீ என்ன வாடா போடான்னே. தடியன்னே."

லொம்வுலாவுக்கு முகம் சுட்டது. "கோவத்துல வந்துருச்சு. மனசுல வச்சுக்காதீங்க."

"நான் கோவிச்சுக்கல." அவர் மண்ணைப் பார்த்தார். "எல்லாரும் அழுதா பயமா இருந்திருக்கும். நீ திட்டிக்கிட்டே இருந்தியா, அப்பிடின்னா இன்னும் சாகலன்னு தெரிஞ்சுது. அடுத்தது எப்போ திட்டுவன்னு காத்துட்டு இருந்தேன்."

அவள் உள்ளே போய்ச் சட்டியில் மீந்திருந்த களியும் பூசணிக்கீரையும் கொண்டுவந்தாள். அவர் நின்றபடியே சாப்பிட்டார். 

"அது இன்னும் புற்றுலதான் இருக்கு," என்றார் கடைசியில். "நாங்க என் அண்ணன் வீட்டுல படுக்குறோம். நீ வரணும். நான் கம்பத் தொடமாட்டேன்."

"இப்போ முடியாது. நாளைக்குக் காலைல லீவு போட்டுட்டு வரேன். நான் அதப் பிடிச்சதுக்கு அப்புறம் அந்த விறக அங்கேருந்து தூரமா மாத்துங்க. சிந்துன சோளத்தக் கூட்டுங்க. சோளத்துக்கு எலி வரும், எலிக்கு அது வரும். குவியலுக்குள்ள கைய விடாம, நீளக் கொக்கியால இழுங்க. பூட்ஸ் போட்டுக்கங்க."

மறுநாள் வெயில் ஏறும்போது மாம்பா புற்றுக்கு வெளியே சுருண்டு காய்ந்துகொண்டிருந்தது. மகாகுலா அவள் சொன்ன இடத்தில், வேலிக்கு அந்தப் பக்கம் நின்றார். இந்த முறை வழியில் யாரும் இல்லை. லொம்வுலா முதலில் ஓட்டையில் ஒரு சாக்கைத் திணித்து அடைத்தாள். பிறகு மெதுவாக, ரொம்ப மெதுவாக, இடுக்கியை நீட்டினாள். கழுத்துக்குக் கீழே பிடித்து, உடம்பு சுழல விட்டு, டப்பாவுக்குள் இறக்கி மூடியைத் திருகினாள்.  சற்றுநேரம் மண்ணிலேயே உட்கார்ந்திருந்தாள்.

வீடுகள் இல்லாத புதர்க்காட்டில் விட்டு வர லுங்கேலோ வண்டி கொண்டுவந்தான். முன்சீட்டில் டப்பாவை இரண்டு காலுக்கும் நடுவே இடுக்கி வைத்துக்கொண்டாள் லொம்வுலா. உள்ளே கரகரவென்று உரசும் சத்தம் கேட்டது. லுங்கேலோ ஸ்டியரிங்கை இறுக்கிப் பிடித்திருந்தான்.

"மாகே," என்று அம்மாவைக் கூப்பிடுவதுபோல் கூப்பிட்டான், "மூடி நல்லா இறுகியிருக்கா?"

 திரும்பிப் பார்த்தான். அவள் தலை ஜன்னல் கண்ணாடியில் சாய்ந்திருந்தது, வாய் லேசாகத் திறந்திருந்தது. தூங்கிவிட்டாள். அவன் பள்ளம் மேடு பார்த்து வண்டியை மெதுவாக ஓட்டினான்.