போலந்துக்குப் போர்த்திய பொன்னாடை

எங்கள் கல்லூரியில் ஒரு காரியம் நடந்தது என்பதற்கு மூன்று சாட்சிகள் வேண்டும்: அழைப்பிதழ், ஃப்ளெக்ஸ், போட்டோ. மூன்றும் சேர்ந்துவிட்டால் காரியம் நடந்தேயாக வேண்டும் என்றுகூட இல்லை. தென்காசிக்குப் பக்கத்தில் இருக்கும் அந்தத் தனியார் கல்லூரியில் வரலாறு சொல்லிக்கொடுக்கிற எனக்கு இது வேலைக்குச் சேர்ந்த முதல் மாதமே தெரியும். தெரிந்துதான் போய்த் தலையைக் கொடுத்தேன்.

அந்த வருஷம் கல்லூரியின் தரத்தைச் சோதிக்க ஒரு குழு வருவதாக இருந்தது. நிரப்ப வேண்டிய படிவத்தில் ‘வெளிநாட்டுத் தொடர்பு’ என்று ஒரு கட்டம் காலியாகக் கிடந்தது. ஆசிரியர் கூட்டத்தில் தாளாளர் அந்தக் கட்டத்தை விரலால் தட்டித் தட்டிக் காட்டினார்.

"ஃபாரின்ல ஒரு ஆளைக் கூடவா நமக்குத் தெரியாது? துபாய்ல கெடக்க நம்ம பயலுவ கணக்குல சேராதாம்."

எல்லாரும் சிரித்தார்கள். நான் கையைத் தூக்கினேன்.

எனக்கு ஓர் ஆசை இருந்தது. இரண்டாம் உலகப்போரை நான் நாற்பது நிமிஷத்தில் நடத்தி முடிப்பேன். யூதர்களைச் சுவர் எழுப்பி ஒரு பகுதியில் அடைத்தார்கள், அங்கிருந்து ரயிலேற்றிக் கொல்ல அனுப்பினார்கள் என்று அதில் இரண்டு வரி. ‘அஞ்சு மார்க்கா சார், பத்தா?’ என்று கேட்டுப் பிள்ளைகள் எழுதிக்கொள்ளும். நானும் அப்படி எழுதிக்கொண்டு வந்தவன்தான். எங்கள் வீட்டில் பத்தாம் வகுப்பைத் தாண்டிய முதல் ஆள் நான். புத்தகத்தில் இருக்கிற இடங்கள் உண்மையிலேயே எங்கோ இருக்கின்றன என்பது உறைக்கவே எனக்கு இருபது வயதாயிற்று. இந்தப் பிள்ளைகள் ஒரு தடவையாவது அந்தச் சுவரைப் பார்க்கட்டும் என்று நினைத்தேன்.

போலந்தில் ஒரு வழிகாட்டியை இணையத்தில் கண்டுபிடித்தேன். அறுபது வயதிருக்கும் ஓர் அம்மாள். தன் நகரத்தில் போர்க்கால யூத வரலாற்று இடங்களை, ஒரு நேரத்தில் ஒரே ஒரு குழுவுக்கு மட்டும், கூடவே நடந்து காட்டுகிறவர். வர முடியாத தூரத்தில் இருப்பவர்களுக்குக் கைப்பேசி வீடியோவில் காட்டுவாராம். நீளமாக ஒரு கடிதம் எழுதினேன். பதில் அதைவிட நீளமாக வந்தது.

மூன்று இடங்கள் சொல்லியிருந்தார். மிஞ்சி நிற்கும் சுவர்த்துண்டு. ஆட்களைத் திரட்டி ரயிலுக்கு ஓட்டிய சதுக்கம். கடைசியாக, ஒரு வீட்டின் படிக்கட்டுக்கு அடியில் ஒரு பொந்து. வழிகாட்டியின் அம்மா ஆறு வயதுக் குழந்தையாக, தன் அப்பா அம்மாவோடு அந்தப் பொந்துக்குள் இரண்டு வருஷம் ஒளிந்திருந்தாள். அங்கே சுவரில் சின்னச் சின்னக் கோடுகள் இருக்கின்றன. குழந்தை எவ்வளவு வளர்ந்திருக்கிறாள் என்று அளந்து போட்ட கோடுகள். வீடு கைமாறிவிட்டது. அடுத்த மாதம் காரையைக் கொத்திவிட்டுப் புதிதாகப் பூசப் போகிறார்கள். காவலாளி ஒரே ஒருநாள் திறந்துவிடச் சம்மதித்திருக்கிறார், ஆனால் அன்று பகல் பன்னிரண்டுக்குப் பூட்டிவிட்டுப் போய்விடுவார். ‘இதுவரை வெளியார் யாருக்கும் அதைக் காட்டியதில்லை. இனிமேல் காட்ட முடியாது. உங்கள் மாணவர்களுக்குக் காட்டுகிறேன்’ என்று எழுதியிருந்தார். அங்கே பன்னிரண்டு என்றால் நமக்கு மூன்றரை. இரண்டரைக்கு ஆரம்பிப்பதாகப் பேசிக்கொண்டோம்.

கடிதத்தை வகுப்பில் வாசித்துத் தமிழில் சொன்னேன். யாரும் மார்க் எவ்வளவு என்று கேட்கவில்லை. ஒருநாளும் வாயைத் திறக்காத ஒரு பெண், நெசவுக்காரர் வீட்டுப் பிள்ளை, எழுந்து நின்றாள்.

"சார், உசுருக்குப் பயந்து ஒளிஞ்சிருக்க எடத்துல யாரு சார் ஒக்காந்து அளந்து கோடு போட்டா?"

"அவங்ககிட்டயே கேளு" என்றேன்.

கேள்வியை ஆங்கிலத்தில் நோட்டில் எழுதி வாங்கிக்கொண்டாள். பத்து நாளாக அதை வாய்க்குள்ளேயே சொல்லிக்கொண்டு வராந்தாவில் திரிந்தாள்.

தாளாளருக்கு ரொம்ப சந்தோஷம். சந்தோஷப்பட்டதுதான் வினை. வகுப்பறையில் ஒரு டிவியை வைத்து முடித்திருக்க வேண்டியது ‘பன்னாட்டு விழா’ ஆகிவிட்டது. இடம், குற்றாலத்தில் ஐந்தருவிக்குப் போகிற வழியில் அவருக்கு இருந்த விடுதியின் ஏ.சி. ஹால்.

"தென்காசிக்கு வாங்கன்னா எவன்வே வருவான்? சீசன்ல குத்தாலம்னு சொல்லும், வராதவன் இருக்கானான்னு பாப்போம்."

வந்தார்கள். ஓய்வுபெற்ற போலீஸ் அதிகாரி ஒருவர் சிறப்பு விருந்தினர். அழைப்பிதழில் யார் பெயர் யாருக்கு மேலே என்று மூன்று நாள் சண்டை. ஒன்பது பெயர்கள். அதற்குக் கீழே, பெயர் இல்லாமல், ‘மற்றும் வெளிநாட்டு வழிகாட்டி’. பிழை திருத்தியவன் நான். ஓர் ஒற்றெழுத்துகூட விட்டுப்போகாமல் திருத்தினேன்.

அன்று சாரல் நன்றாக இருந்தது. பிள்ளைகள் ஐந்து பஸ்ஸில் வந்து ஒரு மணிக்கே உட்கார்ந்துவிட்டார்கள். இரண்டரைக்குச் சிறப்பு விருந்தினரைக் காணவில்லை. உடம்பெல்லாம் எண்ணெய் தேய்த்துக்கொண்டு அருவிக்குப் போயிருந்தார். வழிகாட்டிக்கு ‘பத்து நிமிஷம்’ என்று செய்தி அனுப்பினேன். விருந்தினர் வந்தபோது தலை ஈரமாக இருந்தது. சீயக்காய் வாசனை மேடை வரைக்கும் வந்தது. தமிழ்த்தாய் வாழ்த்தும் குத்துவிளக்கும் முடிந்து நான் அழைப்பை இணைக்கும்போது மணி இரண்டு ஐம்பது.

டிவியில் அந்த அம்மாள் வந்தார். சாம்பல் நிறக் குடை. அங்கேயும் தூறிக்கொண்டிருந்தது. ‘வணக்கம்’ என்று தமிழில் சொன்னார், இதற்காகவே கற்றுக்கொண்டிருக்கிறார். அதற்குள் ஸ்பீக்கர் ‘கீ’ என்று கத்தியது. மைக்செட்காரர் ஓடிவந்து எங்கள் பக்கத்துச் சத்தத்தை அணைத்துவிட்டார். அந்த அம்மாள் பேசுவது எங்களுக்குக் கேட்கும். எங்களை அவர் பார்க்கலாம், கேட்க முடியாது. கேள்வி நேரத்தில் திறந்துகொள்ளலாம் என்று நானும் விட்டுவிட்டேன்.

வரவேற்புரை. பிறகு பொன்னாடைகள். ஒவ்வொருவருக்கும் போர்த்தி, ஒவ்வொன்றுக்கும் நின்று போட்டோ எடுத்து, தன்னைத் தவிர மற்ற எட்டுப் பேருக்கும் முடிந்ததும் தாளாளர் டிவியைப் பார்த்தார்.

"ஃபாரின்காரவுகள அப்படியே நிக்க வச்சா நல்லாவா இருக்கு? கொண்டாங்க ஒண்ணை."

டிவிக்குப் பொன்னாடை போர்த்தினார்கள். எல்லாரும் கை தட்டினார்கள். போட்டோக்காரருக்கு மட்டும் திருப்தி இல்லை. "சார், அந்தம்மா மொவத்த மறைக்கி. கொஞ்சம் ஏத்திப் புடிங்க... இன்னுங் கொஞ்சம்... ஆங்!" ஜரிகைக்கு நடுவே தெரிந்த முகம் சிரித்தபடி எங்களுக்குக் கையாட்டியது.

மூன்று பத்துக்கு நடக்க ஆரம்பித்தார். சுவரைக் காட்டினார். எங்கள் ஊர்த் தோட்டச்சுவர் போலத்தான் இருந்தது, செங்கல். அதைத் தொட்டுக்கொண்டே பேசினார். நான் மைக்கில் தமிழில் சொல்லிக்கொண்டே வந்தேன். சதுக்கத்தில் நின்றபோது, பெட்டியில் என்ன எடுத்து வைத்துக்கொள்ளலாம் என்று யூதர்களிடம் சொல்லித்தான் வரச் சொன்னார்கள் என்றார். ஹாலில் சத்தம் அடங்கிப்போனது. மேடையில் மட்டும் முந்திரி மெல்லுகிற சத்தம். விடுவிடுவென்று நடந்து மூன்று இருபதுக்கு ஒரு பழைய வீட்டின் இரும்புக் கேட்டுக்கு வந்துவிட்டார். உள்ளே ஒருவர் சாவிக்கொத்தோடு நின்றார். பத்து நிமிஷம் இருந்தது. போதும்.

தாளாளர் என் சட்டையைப் பின்னால் இழுத்தார்.

"தம்பி, அந்தம்மாவ ஒரு நிமிசம் அங்கனயே நிக்கச் சொல்லும். அண்ணாச்சி பேசிட்டுக் கெளம்பணும்."

"சார், இதுதான் சார் முக்கியமான எடம். அங்கன பூட்டிருவாங்க."

"பூட்டுனா தொறக்க மாட்டானா? நீரு அனுப்பும்வே."

அனுப்பினேன். ‘ஒரு நிமிஷம் தயவுசெய்து.’ இதை யார் தலையிலும் கட்ட முடியாது, தட்டியது என் கட்டைவிரல். அடுத்த மாதம் வேலை இருக்குமா என்பது அந்த மனுஷர் கையில் இருந்தது. என் அம்மா பீடி சுற்றுகிற இடத்தில் எல்லாரிடமும் ‘எம்மவன் காலேஜ் வாத்தியாரு’ என்று சொல்லி வைத்திருந்தாள். அந்த ஒரு நொடியில் இதெல்லாம் ஞாபகம் வந்தது. படிக்கட்டுக்கு அடியில் இருந்த கோடுகள் ஞாபகம் வரவில்லை.

சிறப்பு விருந்தினர் பேசினார். தான் பிடித்த திருடர்களைப் பற்றிப் பேசினார். யூதர்கள் கொஞ்சம் தைரியமாக இருந்திருக்கலாம் என்று அபிப்பிராயப்பட்டார். மாணவர்கள் காலையில் குளிர்ந்த நீரில் குளிக்க வேண்டும் என்றார். பின்னால் டிவியில் அந்த அம்மாள் கேட்டருகே நின்று கடிகாரத்தைப் பார்த்தார். உள்ளே இருந்தவரிடம் ஏதோ கெஞ்சினார். மறுபடி எங்களைப் பார்த்துச் சிரித்தார்.

"நன்றியுரைய முடிச்சிரும்" என்றார் தாளாளர். மணி மூன்று இருபத்தேழு.

முதல் வரிசையில் அந்தப் பெண் நோட்டோடு பாதி எழுந்திருந்தாள். என்னைப் பார்த்தாள். நான் ‘எல்லாருக்கும் நன்றி’ என்று ஒரே வரியில் முடித்திருக்கலாம். ஒன்பது பெயரையும் பட்டங்களோடு வாசித்தேன். மைக்செட்டுக்கும் பந்திக்கும்கூட நன்றி சொன்னேன். அவள் உட்கார்ந்துவிட்டாள்.

நாட்டுப்பண் ஒலித்தது. மொத்த ஹாலும் எழுந்து விறைப்பாக நின்றது.

அந்த அம்மாளுக்கு அது கேட்கவில்லை. முந்நூறு பேர் ஒரே நேரத்தில் எழுந்து, தன்னைப் பார்த்தபடி அசையாமல் நிற்பது மட்டும் தெரிந்தது. ஒரு கணம் திகைத்தார். பிறகு குடையை மடக்கினார். தூறலில் தலையைக் குனிந்துகொண்டு நின்றார். அவருக்குப் பின்னால் அந்த ஆள் கேட்டைச் சாத்திப் பூட்டி, இழுத்துப் பார்த்துவிட்டு, சைக்கிளை உருட்டிக்கொண்டு போனார்.

பாட்டு முடிந்து எல்லாரும் கலையும்போது அவர் நிமிர்ந்தார். முகம் நனைந்திருந்தது. "நன்றி" என்றார் ஆங்கிலத்தில். "இவ்வளவு தூரத்திலிருந்து யாரும் அவர்களுக்காக எழுந்து நின்றதில்லை. கோடுகளைக் காட்ட முடியாவிட்டாலும் பரவாயில்லை."

அழைப்பு முடிந்தது. தாளாளர் நெகிழ்ந்துபோயிருந்தார். "பாத்தீரா? நம்ம நாட்டுப்பண்ணுக்கு அந்தம்மா கொடுத்த மரியாதைய! இதப் போட்டோல புடிச்சானாவே அவன்?"

பிடித்திருந்தான். இன்ஸ்பெக்‌ஷன் அறிக்கையில் அந்தப் படம் முழுப்பக்கத்துக்கு வந்தது. வெளிநாட்டுத் தொடர்புக் கட்டத்துக்குக் கீழே நான் எழுதிய குறிப்பு: ‘சிறப்பாக நடைபெற்றது.’

அன்று திரும்பும் வழியில் பஸ் மேலகரத்தைத் தாண்டும்போது அந்தப் பெண் என் இருக்கைக்கு வந்தாள்.

"சார், செத்தவங்களுக்குன்னு நெனச்சுல்லா அவங்க கொடைய மடக்குனாங்க?"

"ஆமா."

"அப்படியில்லன்னு சொல்லிருவீங்கல்லா சார்?"

"சொல்லுதேன்" என்றேன். சொல்லவில்லை. நாலு நாள் கைப்பேசியை எடுத்து எடுத்து வைத்தேன். அவர் சந்தோஷமாகத்தானே இருக்கிறார், எதற்குக் கெடுக்க வேண்டும் என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். தாளாளரும் இதையேதான் சொல்லியிருப்பார் என்று தோன்றியதும் எனக்கே அருவருப்பாக இருந்தது. ஐந்தாம் நாள் உட்கார்ந்து முழுவதையும் எழுதினேன். பொன்னாடை, முந்திரி, ஒன்பது பெயர், அந்த ‘ஒரு நிமிஷம்’, நாட்டுப்பண். கடைசியில் அந்தப் பெண்ணின் கேள்வியையும் அவள் நோட்டில் இருந்தபடியே சேர்த்தேன்.

மூன்று வாரம் பதில் இல்லை. பிறகு இரண்டு வரி வந்தது.

‘என் அம்மாவின் அப்பா. பென்சில் தீர்ந்த பிறகு நகத்தால் கீறியிருக்கிறார், விடுதலை ஆனதும் எந்த அளவில் செருப்பு வாங்குவது, சட்டை தைப்பது என்று தெரிய வேண்டுமே. போன வாரம் சுவரைப் பூசிவிட்டார்கள்.’

மற்றதைப் பற்றி ஒரு வார்த்தை இல்லை. அந்தப் பெண்ணுக்கு வாசித்துக் காட்டினேன். நோட்டைத் திறந்து, கேள்விக்குக் கீழே விட்டுவைத்திருந்த இடத்தில் அவள் அதை எழுதிக்கொண்டாள்.