துடைத்து வைத்த தீவு

கோபம் வந்தால் கத்திவிடுகிறவர்கள் கொடுத்து வைத்தவர்கள். கத்தி முடித்ததும் அவர்களுக்கு அது தீர்ந்துபோகும், சாப்பிட உட்கார்ந்துவிடுவார்கள். எனக்குக் கத்த வராது. சிரித்த முகமாக சுண்டல் பரிமாறிக்கொண்டே உள்ளுக்குள் கறுவுகிற ஜாதி நான். மன்னிக்கிற குணம் எனக்கு அதிகம் என்று என் கணவர் எல்லோரிடமும் சொல்லிக்கொண்டிருக்கிறார். கல்யாணமாகி இத்தனை வருஷமாகியும் மனுஷருக்கு என்னைத் தெரியவில்லை.

அந்த விளையாட்டுக் கருவியை எனக்கு வாங்கித் தந்தவரும் அவர்தான். கொச்சியில் எங்கள் மட்டாஞ்சேரி படகுத்துறையில், மழையில் பாசி பிடித்த படியில் வழுக்கி விழுந்து நான் காலை உடைத்துக்கொண்ட வருஷம். கட்டுப் போட்ட காலை ஸ்டூல் மேல் நீட்டிக்கொண்டு நாள் முழுக்க ஜன்னலையே பார்த்துக்கொண்டிருந்தேன். யூதர் தெருவான ஜூ டவுனில் பழைய சாமான் விற்கும் கடை ஒன்றிலிருந்து, சாம்பல் நிறத்தில், சோப்புப் பெட்டியைவிடக் கொஞ்சம் பெரியதாக ஒன்றைக் கொண்டுவந்து மடியில் போட்டார். பித்தளை விளக்குக்கும் உடைந்த கடிகாரத்துக்கும் நடுவில் கிடந்ததாம். கறுப்பு வெள்ளைத் திரை. முதுகில் செருகிய ஒரு கேசட். அதில் ஒரே ஒரு விளையாட்டு.

நாம் ஒரு வெறுந்தீவில் கரையேறுவோம். கையில் ஒரு பை விதை. முதலில் கிணறு வெட்ட வேண்டும், பிறகு பயிர், பிறகு வீடு. மரம் வளர்ந்ததும் படகு கட்டி அடுத்த தீவுக்குப் போகலாம். கடைசித் தீவில் ஒரு கலங்கரை விளக்கம் இருக்கிறது. அதில் விளக்கை ஏற்றினால் ஆட்டம் முடிந்தது. சுடுவது கிடையாது, சாவது கிடையாது. பொறுமை இருந்தால் போதும். ஒரே ஒரு தொல்லை, ஒருவருடைய ஆட்டத்தைத்தான் அது நினைவில் வைத்துக்கொள்ளும். திறந்ததும் மூன்று வரி வரும்: தொடர், புதிது, அழி. அழி என்பதை அமுக்கினால் "நிச்சயமாகவா?" என்று ஒரு தடவை கேட்கும். அவ்வளவுதான்.

கால் சரியாகி, எர்ணாகுளத்தில் ஆபீசுக்குத் திரும்பப் போக ஆரம்பித்த பிறகும் நான் அதை விடவில்லை. போகும்போது படகில், வரும்போது படகில். வீட்டில் எல்லோரும் சீரியல் பார்க்கும் நேரத்தில் அடுக்களைப் பக்கத்து நாற்காலியில். சிறுபிள்ளைத்தனம் என்று நினைப்பவர்கள் நினைத்துக்கொள்ளட்டும். எங்கள் வீட்டில் திரைச்சீலை என்ன நிறம், சாம்பாரில் எவ்வளவு புளி, ஓணத்துக்கு யார் வீட்டுக்கு முதலில் போவது என்று எதிலும் என் பேச்சு செல்லாது. அந்தத் தீவில் கிணறு எங்கே என்பதை நான் தீர்மானித்தேன். கிணற்றைச் சுற்றி வாழை வைத்தேன். வாசல் கடலைப் பார்த்து இருந்தது. எனக்கென்று ஒரு வீடு இருந்தது என்றால் அது அதுதான்.

இனி என் நாத்தனார். கணவருக்கு அக்கா, ஓய்வு பெற்ற ஒன்றாம் வகுப்பு டீச்சர். எங்கள் வீட்டிலிருந்து இரண்டு தெரு தள்ளி, செர்லாய் என்கிற பகுதியில் வீடு. மகள் வெளிநாட்டில், அத்திம்பேர் டிவி முன்னால், ஆகவே அக்கா எங்கள் வீட்டில். வந்தால் முதலில் ஃப்ரிட்ஜைத் திறப்பாள். பிறகு என்னைப் பார்த்து, இதை ஏன் இன்னும் வைத்திருக்கிறாய் என்பாள். எது கையில் கிடைத்தாலும் அது.

பாலக்காட்டிலிருந்து வந்து தலைமுறை தலைமுறையாக இங்கே ஊறிப்போன எங்களைப் போன்றவர்களுக்கு நவராத்திரி என்றால் கொலு மட்டுமில்லை. மலையாளிகள் மாதிரி அஷ்டமி சாயங்காலம் பூஜை வைப்போம். புஸ்தகம், கத்தரிக்கோல், தையல் மெஷின், கணவரின் ஸ்பேனர்கள், என் லேப்டாப், எல்லாவற்றையும் துடைத்து சந்தனம் வைத்து சரஸ்வதி படத்துக்கு முன்னால் அடுக்கிவிட வேண்டும். தசமி காலை பூஜை எடுக்கும் வரை யாரும் தொடக்கூடாது. எடுத்ததும் பெரியவர்கள் உள்பட எல்லோரும் தட்டில் அரிசியைப் பரப்பி ஹரிஸ்ரீ எழுதி, புதிதாகப் படிக்கத் தொடங்குகிற பாவனையில் தொடங்குவோம்.

அந்த வருஷ அஷ்டமியன்று அக்கா வந்தபோது நான் கடைசிக்கு முந்தைய தீவில் படகு கட்டிக்கொண்டிருந்தேன். சாயா போட எழுந்திருக்கவில்லை. இதோ வரேன் அக்கா என்றேன், இரண்டு தடவை. மூன்றாவது தடவை அவளே அடுக்களைக்குப் போய்ப் பாத்திரத்தை உருட்டினாள். பிறகு வந்து, இதுவும் கருவிதானே, பூஜைக்கு வைக்கலாம் என்று என் கையிலிருந்து வாங்கிக்கொண்டாள். துடைத்தாள். வெகு நேரம் துடைத்தாள். நான் அப்போது சாயா ஆற்றிக்கொண்டிருந்தேன், முட்டாள்.

தசமி காலை. ஹரிஸ்ரீ எழுதியாயிற்று. நான் கருவியை எடுத்துத் திறந்தேன். தொடர் என்ற வரி மங்கிக் கிடந்தது. அமுக்கினேன். ஒன்றுமில்லை. திரும்ப அமுக்கினேன். கட்டைவிரல் நகம் வெளுக்கும் அளவுக்கு அமுக்கிக்கொண்டே நின்றேன்.

"அழிச்சுதான் வெச்சேன்," என்றாள் அக்கா, வாயில் பாயசத்தோடு. "எங்காத்துல பூஜைக்கு வெக்கற ஸ்லேட்டுல பழைய எழுத்து இருக்கப்படாது. தசமியன்னிக்கு எல்லாம் புதுசாத்தான் தொடங்கணும்."

கணவர் தலையாட்டினார். ஆமாமாம், அப்பா காலத்தில் ஸ்லேட்டைக் கோவை இலை போட்டுத் தேய்த்துத்தான் வைப்போம் என்றார். அக்கா தம்பி இருவரும் கோவை இலையைப் பற்றிப் பேச ஆரம்பித்துவிட்டார்கள். நான் அடுக்களைக்குப் போய் குழாயைத் திறந்துவிட்டு அழுதேன். துக்கத்தில் பாதி, மீதி ஆத்திரம். ஸ்லேட்டாம். அவளுடைய போனும்தான் அந்தப் பூஜையில் இருந்தது. பூவும் பறவையுமாகக் காலை வணக்கப் படங்கள் நிறைந்து வழியும் போன். அதில் ஒன்றுகூட அழியவில்லை. சாயா தர எழுந்திருக்காததற்கு எனக்குத் தண்டனை, அதற்கு சரஸ்வதியின் பெயர். அன்றைக்கே முடிவு செய்தேன், இதை இவளுக்குத் திருப்பிக் கொடுக்காமல் விடுவதில்லை என்று. எப்படி என்றுதான் தெரியவில்லை.

வழியை அவளே காட்டினாள். கையோடு கையாக, நல்ல நாளாயிற்றே, நானே தொடங்கி வைக்கிறேன் என்று கருவியை வாங்கி, புதிது என்பதை அமுக்கினாள். கரையேறினாள். கிணற்றை எங்கேயோ பாறைப் பக்கம் வெட்டினாள். விதை போட்டாள். முளைவிட்டதும் அவள் முகத்தைப் பார்க்க வேண்டுமே. மறுநாள் காலை பதினோரு மணிக்கு வந்தாள். பச்சை மிளகாய் கேட்க வந்தாளாம். மிளகாயை மறந்துவிட்டு சாயங்காலம் போனாள்.

அப்போதுதான் எனக்குப் புரிந்தது. இப்போது அழித்தால் இவளுக்கு என்ன வலிக்கும்? நாலு முளை. வளரட்டும்.

அந்த ஒரு வருஷம் நான் காட்டிய அன்பை நானே மெச்சிக்கொள்ள வேண்டும். என் ஆட்டத்தைத் திரும்பத் தொடங்கவேயில்லை. எனக்குச் சலித்துவிட்டது, நீங்கோ ஆடுங்கோ அக்கா என்றேன். அவள் வந்தால் நாற்காலியை ஃபேனுக்கு அடியில் இழுத்துப் போட்டேன். கேட்காமலே சாயா கொடுத்தேன். கிணற்றை இடம் மாற்றச் சொன்னேன், எந்தத் தீவில் எது விளையும் என்று ரகசியங்களையெல்லாம் சொல்லிக்கொடுத்தேன். வெட்டப்போகிற ஆட்டுக்கு யாரும் அத்தனை பாசமாகத் தழை போட்டிருக்க மாட்டார்கள். இவர்கள் இருவரும் இப்படி ஒற்றுமையாகிவிட்டார்களே என்று கணவர் பூரித்துப்போனார்.

அக்காவும் மாறித்தான் போனாள். ஃப்ரிட்ஜைத் திறப்பது நின்றது. திரைச்சீலையைப் பற்றிப் பேசுவது நின்றது. தீவில் அவள் ஒரு பள்ளிக்கூடம் கட்டினாள். அது எதற்கும் உதவாது, அதில் படிக்க யாரும் வரமாட்டார்கள், சும்மா ஒரு கட்டடம். அதற்கு முன்னால் வரிசையாக மரம் வைத்தாள். அந்த மரங்களைப் பார்க்கும்போது ஒரு நாள் எனக்கு லேசாக மனசு இளகியது. உடனே என் வாழைகளை நினைத்துக்கொண்டேன். சரியாகிவிட்டது.

ஆடியில், இங்கே கர்க்கடகம் என்கிற மாச மழையில், ஒரு சங்கடம் வந்தது. திரையில் எழுத்துகள் மினுங்க ஆரம்பித்தன. கேசட்டுக்குள்ளே ஒரு சின்ன பேட்டரி உண்டு, ஆட்டத்தை ஞாபகம் வைத்திருப்பது அதுதான், அது சாகப்போகிறது என்று எர்ணாகுளம் மேனகா ஜங்ஷன் பக்கம் போன் ரிப்பேர் செய்கிறவர் சொன்னார். மாற்றலாம், ஆனால் கழற்றின நிமிஷமே உள்ளே இருப்பதெல்லாம் போய்விடும் என்றார். எனக்கு உயிரே போய்விட்டது. பேட்டரி செத்து, தானாக அழிந்து, அக்கா விதியே என்று சொல்லிக்கொண்டு வீட்டுக்குப் போவதா? அழிக்க வேண்டியது நான். ஏதாவது வழி பாருங்கள் என்று கெஞ்சினேன். வெளியிலிருந்து இரண்டு கம்பியில் மின்சாரம் கொடுத்துக்கொண்டே பழையதை எடுத்துப் புதியதைப் பற்றவைக்கலாம், கை அசங்கினால் போச்சு என்றார். நான் பக்கத்தில் நின்று டார்ச் பிடித்தேன், மூச்சு விடாமல். முடிந்ததும், யாருக்காக இத்தனை பாடு என்று கேட்டார். நாத்தனாருக்கு என்றேன்.

"பாக்யம் செய்த நாத்தூன்," என்றார் அவர், மனசாரவே.

படகில் திரும்பும்போது கேசட்டைக் கைக்குட்டையில் சுற்றி மடியில் வைத்துக்கொண்டு, மழையைப் பார்த்து நானே சிரித்துக்கொண்டிருந்தேன்.

நவராத்திரி வந்தபோது அக்கா கடைசித் தீவில் இருந்தாள். எண்ணெய் சேர்த்தாயிற்று, திரி திரித்தாயிற்று. கலங்கரை விளக்கத்தின் படி ஏறி ஒரு பொத்தானை அமுக்கினால் முடிந்தது. அஷ்டமிக்கு முதல் நாள் அவள் விரல் அந்தப் பொத்தான் மேல் இருக்கும்போது நான் குறுக்கே போனேன். இத்தனை கஷ்டப்பட்டிருக்கேள், தசமியன்னிக்கு நல்ல நேரத்தில் எல்லோருக்கும் முன்னால் ஏற்றலாமே என்றேன். அவள் யோசித்தாள். சரி என்றாள். அன்று நான் கொண்டைக்கடலைச் சுண்டலில் தேங்காயைத் தாராளமாகப் போட்டேன்.

சொல்ல வேண்டிய வார்த்தைகளைப் பல மாதமாக மனசில் உருட்டி வைத்திருந்தேன். எங்காத்துல ஸ்லேட்டுல பழைய எழுத்து இருக்கப்படாது அக்கா. அவளுடைய வார்த்தையே. அதே பாயச வேளையில், அதே குரலில். சொல்லிக்கொண்டே மூன்றாவது வரியை அமுக்குவேன். "நிச்சயமாகவா?" என்று வரும். திரையை அவள் பக்கம் திருப்பி, அவள் படித்து முடித்த பிறகு அமுக்குவேன். குளிக்கும்போதெல்லாம் ஒத்திகை பார்த்தேன்.

தசமி காலை ஹரிஸ்ரீ எழுதி முடித்தோம். அக்கா பாயசக் கிண்ணத்தைக் கையில் எடுத்தாள். நான் சரஸ்வதி படத்துக்கு முன்னாலிருந்து கருவியை எடுத்து, சந்தனத்தைப் புடவைத் தலைப்பால் ஒற்றிவிட்டுத் திறந்தேன்.

தொடர் என்ற வரி மங்கிக் கிடந்தது.

பேட்டரிதான் என்று நினைத்தேன். அந்த ரிப்பேர்காரரை மனசுக்குள் திட்டினேன். மூடித் திறந்தேன். அப்படியே இருந்தது. நிமிர்ந்து பார்த்தால் அக்கா என்னையே பார்த்துக்கொண்டிருந்தாள். பாயசத்தைத் தொடவில்லை.

"அஷ்டமியன்னிக்கே துடைச்சுட்டேன்," என்றாள்.

"விளக்கு ஏத்தினேளா?"

"ஏத்தலை." கிண்ணத்தைக் கீழே வைத்தாள். "கை துறுதுறுன்னுதான் இருந்தது. பள்ளிக்கூடத்தை ஒரு தடவை சுத்தி வந்தேன். நிச்சயமான்னு கேட்டுது பார், நெஞ்சு பிசைஞ்சுடுத்து. போன வருஷம் உன்னோடதை அழிக்கறச்சே அதைப் படிக்கக்கூட இல்லை நான். உன்னோடதை அழிச்சுட்டு என்னோடதை மட்டும் வெச்சுண்டா அது என்ன பூஜை?"

கணவர் கோவை இலையைப் பற்றி ஏதோ ஆரம்பித்தார். யாரும் கேட்கவில்லை. அவள் கண் சிவந்திருந்தது. ஒன்றாம் வகுப்புப் பிள்ளை மாதிரி மூக்கை உறிஞ்சினாள்.

எனக்கு இரக்கம் வந்திருக்க வேண்டும். வந்தது எரிச்சல். ஒரு வருஷம். சாயா போட்டு, ஃபேன் போட்டு, மூச்சைப் பிடித்து டார்ச் அடித்துக் காப்பாற்றி வைத்ததை என் கையிலிருந்து பிடுங்கி, அவளுக்கு அவளே செய்துகொண்டுவிட்டாள். அதுவும் நான் செய்ய நினைத்ததைவிட நன்றாக. முதலில் என் தீவை எடுத்தாள், இப்போது என் பழியையும் எடுத்துக்கொண்டாள். பாவி, சரஸ்வதிக்கு முன்னால் சுத்தமாக உட்கார்ந்திருக்கிறாள். நான்தான் தொண்டையில் ஒரு வாக்கியத்தை வைத்துக்கொண்டு நிற்கிறேன்.

"இந்தத் தடவை நீ தொடங்கு," என்றாள் அக்கா. "நான் சாயா போட்டுண்டு வரேன்."

எழுந்து அடுக்களைக்குப் போனாள். என் வீட்டுக்கு வரத் தொடங்கிய இத்தனை வருஷத்தில் அவள் எனக்குச் சாயா போட்டதில்லை. நான் உட்கார்ந்தேன். புதிது என்பதை அமுக்கினேன். வெறுந்தீவில் கரையேறி, கிணற்றை எங்கே வெட்டலாம் என்று பார்த்துக்கொண்டிருக்கும்போதே டம்ளர் வந்தது. சர்க்கரை சரியாக இருந்தது. அதற்காகவும் அவளை மன்னிக்க முடியவில்லை.