பன்னிரண்டு ஃபிரேம் முந்திய பதில்

பதினெட்டு வருஷத்தில் பதினொரு படங்களை வெட்டி ஒட்டியவள், எல்லோரும் கத்திரி அக்கா என்றே கூப்பிடுகிறவள். அத்தனையிலும் 'படத்தொகுப்பு' என்று திரையில் வந்தது அவளுடைய முதலாளியின் பெயர்தான். இந்த அநியாயத்தை யாரிடம் போய்ச் சொல்ல! அந்த மனிதர் மகனோடு வெளிநாட்டில் போய் உட்கார்ந்துகொண்டதால்தான் பன்னிரண்டாவது படம் அவள் கைக்கு வந்தது. அதுவும் சும்மா வரவில்லை.

"வெள்ளிக்கிழமை காலையில போட்டுக் காட்டுங்க. ஜனங்க சிரிச்சா திரையில உங்க பேரு. சிரிக்கலைன்னா வேற ஆளைப் பார்த்துக்கறேன்" என்று கறாராகச் சொல்லிவிட்டார் தயாரிப்பாளர்.

புருஷன் பெண்டாட்டி சண்டைப் படம். வியாழக்கிழமை சாயங்காலம், சாப்பாட்டு மேசைக் காட்சியில் கணவனின் குரலை மட்டும் கொஞ்சம் முன்னால் நகர்த்திப் பார்த்துக்கொண்டிருந்தாள். அந்த நேரம் பார்த்துத் தங்கை போன் செய்தாள். பேசி முடித்தவள், நகர்த்தியதைத் திரும்ப வைக்க மறந்தே போனாள். பன்னிரண்டு ஃபிரேம், அதாவது அரை நொடி. கணவனின் முகத்தைச் செய்தித்தாள் மறைத்திருந்ததால் உதடும் காட்டிக்கொடுக்கவில்லை.

வெள்ளிக்கிழமை. சின்ன அரங்கில் முப்பது பேர். முதல் கால் மணி நேரம் ஒருத்தர்கூடச் சிரிக்கவில்லை. பிறகு அந்தச் சாப்பாட்டு மேசைக் காட்சி. மனைவி, "நேத்து சாயங்காலம் நீங்க..." என்று ஆரம்பித்ததுமே செய்தித்தாளுக்குப் பின்னாலிருந்து குரல் வந்தது: "நான் போகவே இல்ல!"

ஐயோ, தொலைந்தோம் என்று கத்திரி அக்கா கண்ணை இறுக மூடிக்கொண்டாள்.

கொல்லென்று சிரிப்பு! அரங்கமே அதிர்ந்தது. "நம்ம வீட்லயும் இதே கதைதான்!" என்று யாரோ கத்தினார். படம் முடிந்ததும் தயாரிப்பாளர் மூச்சிரைக்க ஓடிவந்தார்.

"எப்படிம்மா பண்ணினீங்க?"

"தப்பு சார். அரை நொடி நழுவிடுச்சு."

"அப்ப படம் முழுக்கத் தப்பு பண்ணுங்க!"

பண்ணினாள். சனி, ஞாயிறு இரண்டு பகலும் கணவன் வாய் திறக்கும் இடமெல்லாம் பதிலை முந்தவிட்டாள். அவன் உதடு தெரிந்த இடங்களில் மனைவியின் முகத்தைப் போட்டுச் சமாளித்தாள். சந்தோஷத்தில் கை நிற்கவே இல்லை. திங்கட்கிழமை மறுபடி போட்டபோது, சிரித்த சிரிப்பில் பாதி வசனம் யாருக்கும் கேட்கவில்லை.

அன்று மதியம் டைட்டில் எழுதுகிறவர் தயங்கித் தயங்கி அறைக்குள் எட்டிப் பார்த்தார். பதினெட்டு வருஷமாக அவளோடு ஒரே கட்டடத்தில் டீ குடிக்கிறவர்.

"அக்கா, தப்பா நினைச்சுக்காதீங்க. உங்க பேரு என்ன?"

கத்திரி அக்கா விழுந்து விழுந்து சிரித்தாள். பிறகு அவர் கையிலிருந்த பேனாவைப் பிடுங்கி, தாள் முழுக்க அடைக்கும்படி, இனிஷியலோடு தன் பெயரை எழுதினாள்.