டெஸ்ட் பீஸ்

கம்பி விற்க ஒரு பெண் வேண்டும் என்றார்கள்.

எங்கள் மில்லில்தான். கும்மிடிப்பூண்டி எஸ்டேட்டில் கட்டடக் கம்பி தயாரிக்கிற மில்களில் அதுவும் ஒன்று. அங்கே ஸ்டோரில் உட்கார்ந்து ஹெல்மெட், ஷூ, கையுறை, யூனிஃபார்ம் எடுத்துக் கொடுப்பது என் வேலை. இந்தப் பக்கத்தை வாராவாரம் படிப்பவர்களுக்கு அது தெரியும். புதிதாக வருகிறவர்களுக்கு இன்னொன்றையும் சொல்லிவிடுகிறேன் — நான் அதிகம் பேச மாட்டேன். பத்தாவதோடு படிப்பு நின்றது. பேச்சு அதற்கு முன்பே நின்றுவிட்டது. அதனால்தான் எழுதுகிறேன்.

ஒருமுறை ரயிலில் பக்கத்து சீட்டு அம்மா இதே பத்தியைப் படித்துக்கொண்டு வந்தார். பத்திக்கு மேலே என் படம். பக்கத்தில் நான். பொன்னேரியில் அவர் இறங்குகிற வரைக்கும் என்னை அடையாளம் தெரியவில்லை. எனக்கு அன்றைக்கு என்ன ஒரு நிம்மதி...

சரி, கம்பிக்கு வருவோம்.

புது வருஷக் காலண்டருக்கு ஃபோட்டோ எடுக்க சென்னையிலிருந்து ஆட்கள் வருவதாக ஏற்பாடு. முதல் நாள் சாயந்திரம் ஃபோன் வந்தது. அவர்கள் கூட்டி வருவதாக இருந்த மாடல் பெண்ணுக்குக் காய்ச்சலாம். மார்க்கெட்டிங் மேனேஜர் கையைப் பிசைந்துகொண்டு நின்ற நேரம் பார்த்து, லேபிலிருந்து எஸ்தர் ரிப்போர்ட்டோடு வெளியே வந்தாள்.

"அட, நம்ம பொண்ணே இருக்குதே" என்றார் அவர்.

எஸ்தருக்கு இருபத்திரண்டு வயது. டிப்ளமோ படித்தவள். மில்லில் உருட்டுகிற கம்பியை லேபில் சோதித்து, 'பாஸ்' அல்லது 'ரிஜெக்ட்' என்று சீல் குத்துவது அவள் வேலை. அவள் சீல் விழாமல் ஒரு லாரி கேட்டைத் தாண்டாது.

"நான் செய்யற வேலைய செய்யறாப்பல எடுப்பீங்களா சார்?" என்று கேட்டாள்.

"அதேதாம்மா, அதேதான்."

மறுநாள் காலை அவளை பைக்கில் கொண்டுவந்து விட்ட அவள் அப்பா, கேட்டில் என்னைப் பார்த்ததும் வண்டியை நிறுத்தினார். பக்கத்து ஃபேக்டரியில் லோடிங் வேலை அவருக்கு.

"எம்மா, டிவிக்கு மேல ஆணி அடிச்சு வச்சுட்டேன். எம் பொண்ணு காலண்டர்ல வருதுன்னு சொன்னா எதுத்த ஊட்டுக்காரன் ஒரு மாரி சிரிச்சிக்கினே போறான். காலண்டர்ல பொண்ணுங்க எப்டி வரும்னு தெரியாதான்றான். இது மெஷினாண்ட நிக்கிறாப்பல வந்துரும் இல்ல?"

"நைனா, நீ கெளம்பு. நேரமாவுது" என்று அவரைத் தள்ளாத குறையாக அனுப்பினாள் எஸ்தர். ஆனால் அவளும் என் முகத்தைத்தான் பார்த்தாள். நான் தலையாட்டினேன். எந்த தைரியத்தில் ஆட்டினேன் என்று இப்போதும் தெரியவில்லை.

எதிர்வீட்டுக்காரரை மட்டும் குறை சொல்ல முடியுமா? எந்த ஹார்டுவேர் கடைக்கு வேண்டுமானாலும் போய்ப் பாருங்கள். சிமென்ட் மூட்டையைக் கட்டிப்பிடித்தபடி ஒரு பெண். பெயிண்ட் டப்பா மேல் சாய்ந்தபடி ஒரு பெண். போர்வெல் மோட்டார் காலண்டரில் மழையில் நனைந்தபடி ஒரு பெண் — மோட்டார் எங்கே என்று நாம்தான் தேட வேண்டும். மோட்டார் போட்டால் தண்ணீர் தரையிலிருந்துதானே வரும்? மேலேயிருந்து எதற்குக் கொட்டுகிறது?

நானும் இதையெல்லாம் வருஷக்கணக்காகப் பார்த்தவள்தான். ராகு காலம் பார்ப்பேன். கேஸ் சிலிண்டர் மாற்றிய தேதியைப் பேனாவால் சுழிப்பேன். அந்தப் பெண் யார் என்று ஒரு நாளும் யோசித்ததில்லை.

ஒன்பது மணிக்கு ஸ்டோர் ஜன்னலில் ஒரு தலை தெரிந்தது. சென்னை ஆட்களில் ஒருவர். சின்ன வயசு.

"மேடம், பிங்க் கலர் ஹெல்மெட் இருக்குமா?"

இல்லை என்று தலையாட்டினேன். எங்களிடம் ஆபீசருக்கு வெள்ளை, தொழிலாளிக்கு மஞ்சள், கான்ட்ராக்ட்காரருக்கு நீலம். பிங்க்குக்கு இன்னும் வேலை கொடுக்கவில்லை.

"அப்ப ஷர்ட்டாவது ஒரு சைஸ் சின்னதா குடுங்க. எஸ்தர் போட்டுக்கினு இருக்கறது லூசா இருக்குது."

லூசாக இல்லை. அவள் அளவுக்கு எடுத்துக் கொடுத்தவளே நான்தான். இதை ஒரு வாக்கியமாகச் சொல்லியிருக்கலாம். பதிலாக, சட்டை மாற்றுகிற சீட்டை எடுத்து, கார்பன் வைத்து, பேனாவோடு அவர் பக்கம் நகர்த்தினேன். அந்தச் சீட்டில் 'காரணம்' என்று ஒரு கட்டம் இருக்கிறது.

"இங்க இன்னா எழுதணும்?"

"கிழிஞ்சிடுச்சா, தொலைஞ்சிடுச்சா, ஆயில் கறையா... காரணம்" என்றேன். எனக்கு இது பெரிய பேச்சு.

"அப்டிலாம் ஒன்னுமில்ல மேடம். ஃபிட்டா தெரியணும், அவ்ளோதான்."

"அதையே எழுதுங்க. கீழ பிளான்ட் மேனேஜர் கையெழுத்து."

'ஃபிட்டாகத் தெரிய' என்று அழகான கையெழுத்தில் எழுதிக்கொண்டு போனார். பத்து நிமிஷத்தில் கையெழுத்து இல்லாமல் திரும்பி வந்தார். முகம் தொங்கியிருந்தது.

"இன்னா சொன்னாரு?"

"யாருக்குத் தெரியணும்னு கேக்கறாரு மேடம்."

நான் கார்பனை எடுத்து உள்ளே வைத்தேன். அன்றைக்கு டீ கொஞ்சம் இனிப்பாக இருந்தது.

ஆனால் சந்தோஷம் ரொம்ப நேரம் நிற்கவில்லை. ஒரு பாக்ஸ் கையுறையைக் கொடுக்க லேபுக்குப் போனேன். அங்கே விளக்கு, குடை, ஒயர். எஸ்தர் நடுவில் நின்றாள், மாற்றாத அதே யூனிஃபார்ம் சட்டையோடு.

"கம்பிய அப்டியே கன்னத்துல வச்சுக்கோ மா. கண்ண மூடு. ஃபீல் பண்ணு" என்றார் ஃபோட்டோகிராஃபர்.

"இத்த யாரு சார் கன்னத்துல வப்பாங்க? துருவும் ஆயிலும் ஒட்டும். மெஷின்ல மாட்டட்டுமா? அதான் என் வேல."

"அது அப்புறம். கொஞ்சம் வளைஞ்சு நில்லு. இடுப்பு தெரியற மாரி."

அவள் வளையவில்லை. அவர் கேமராவில் கண்ணை வைத்தபடி அசிஸ்டென்டிடம் மெதுவாகச் சொன்னார். மெதுவாகத்தான். ஆனால் அந்த நேரம் பார்த்து வெளியே கம்பி உருட்டுகிற சத்தம் நின்றுவிட்டது.

"திமிரு புடிச்சதா இருந்தாலும் செம பீஸுடா."

மார்க்கெட்டிங் மேனேஜர் சுவரில் இருந்த தீயணைப்புக் கருவியின் எக்ஸ்பைரி தேதியைப் படிக்க ஆரம்பித்தார். நானும் தரையைத்தான் பார்த்தேன். பொய் சொல்வானேன்?

எஸ்தர் கையில் இருந்த கம்பித் துண்டைத் தூக்கிக் காட்டினாள்.

"சார், எங்க லேப்ல இதுக்குப் பேர்தான் பீஸு. டெஸ்ட் பீஸு. ரெண்டு பக்கமும் கிளாம்ப் போட்டு ஒடையற வரிக்கும் இழுப்போம். அப்பால இன்னொரு பீஸ எடுத்து மடக்கிப் பாப்போம். அதுக்கப்புறம்தான் நல்ல பீஸா இல்லியான்னு சொல்லுவோம். நீங்க பாத்த ஒடனே சொல்லிட்டீங்க."

"சும்மா ஜாலிக்கு சொன்னது மா..."

"நானும் ஜாலிக்குத்தான் சார் கூப்பிடறேன். வந்து நில்லுங்க, கிளாம்ப் மாட்டறேன்."

முதலில் சிரித்தது அந்த சட்டைக்காரப் பையன். அப்புறம் எல்லோரும். ஃபோட்டோகிராஃபரும் சிரிக்க வேண்டியதாகிவிட்டது. "சாரி மா" என்றார். அதையும் மெதுவாகத்தான்.

எஸ்தர் கண்ணாடியை மாட்டிக்கொண்டு துண்டை மெஷினில் பொருத்தினாள். இழுக்க இழுக்கக் கம்பி நடுவில் மெலிந்துகொண்டே வந்தது. அவரும் கேமராவோடு நெருங்கினார்.

"பாருங்க சார், இடுப்பு கேட்டீங்களே. கம்பி இப்டி ஒல்லியானா ஒடையப் போவுதுன்னு அர்த்..."

டமார்.

பழக்கமில்லாதவர்களுக்கு அந்தச் சத்தம் பட்டாசு வெடித்த மாதிரி இருக்கும். எஸ்தரைத் தவிர எல்லோரும் துள்ளினோம். ஃபோட்டோகிராஃபர் துள்ளியதில் அவர் விரல் பட்டனை அழுத்திவிட்டது. காலண்டருக்கு மார்க்கெட்டிங் மேனேஜர் தேர்ந்தெடுத்தது அந்தப் படத்தைத்தான் — மெஷினுக்குப் பக்கத்தில், மஞ்சள் ஹெல்மெட்டோடு, எஸ்தர் வாய்விட்டுச் சிரிக்கிற படம்.

கதை இங்கே முடிந்திருக்கலாம். போன வாரம் பிரிண்டிங்குக்கு முந்தின சாம்பிள் தாள் வந்தது. மெஷின் சரி. ஹெல்மெட் சரி. சட்டையும் சரி. ஆள்தான் வேறு. எஸ்தரின் கறுப்பைக் கம்ப்யூட்டரில் கழுவித் துடைத்துவிட்டார்கள். தாடையில் இருந்த சின்ன வயசுத் தழும்பையும் காணோம்.

அவள் தாளுக்குப் பக்கத்தில் தன் கையை வைத்துப் பார்த்தாள். லேபுக்குப் போய் சிவப்பு சீலை எடுத்து வந்து நடுவில் குத்தினாள். ரிஜெக்ட். கீழே எழுதினாள்: 'காரணம்: கலர் மாறியிருக்கிறது. தழும்பு இல்லை.'

"எல்லாருக்கும் இப்டித்தாம்மா பண்றாங்க, அழகா இருக்கட்டும்னு" என்றார் மேனேஜர்.

"கம்பி மேல எழுதியிருக்கறது ஒன்னு, உள்ள இருக்கறது ஒன்னுன்னா லோடு எடுத்துக்கறவங்க சும்மா இருப்பாங்களா சார்? எங்க நைனா ஆணி அடிச்சது எனக்கு. இந்தப் பொண்ணுக்கு இல்ல."

அவர் அந்தத் தாளைத் திருப்பி அனுப்பினார்.

எனக்கு அன்றைக்கெல்லாம் வேறொரு பெண்ணின் நினைப்பு. காய்ச்சல் என்று வராமல் போனாளே, அந்த மாடல் பெண். எஸ்தரிடம் மெஷின் இருந்தது. சீல் இருந்தது. மாதம் பிறந்தால் சம்பளம் இருந்தது. அதனால் சிரித்துக்கொண்டே கேட்டுவிட்டாள். கம்பியைக் கன்னத்தில் வை என்று சொன்னால் அந்தப் பெண் யாரிடம் போய்க் காரணம் கேட்பாள்? அவள் வீட்டிலும் யாராவது ஆணி அடித்து வைத்திருப்பார்கள்தானே... அது உண்மையிலேயே காய்ச்சல்தானா?

இந்தத் திங்கட்கிழமை இரண்டாவது சாம்பிள் வந்தது. அதே கறுப்பு. அதே தழும்பு. எஸ்தர் பாஸ் போட்டாள். மத்தியானம் அவள் அப்பா வந்தார். கையைச் சட்டையில் நன்றாகத் துடைத்துவிட்டுத்தான் தாளை வாங்கினார். நிறைய நேரம் பார்த்தார்.

"ஆணிய மாத்தி அடிக்கணும்" என்றார்.

"ஏன் நைனா?"

"டிவிக்கு மேல மாட்டுனா நமக்குத்தான் தெரியும். வாசலுக்கு நேரா அடிச்சா எதுத்த ஊட்டுக்கும் தெரியுமில்ல?"

இதை எழுதிக்கொண்டிருக்கும்போது எஸ்தர் ஸ்டோருக்கு வந்தாள். மேஜையில் கிடந்த போன வாரப் பத்திரிகையை எடுத்தாள். பத்திக்கு மேலே இருக்கிற என் படத்தைப் பார்த்தாள். என்னைப் பார்த்தாள். மறுபடியும் படத்தைப் பார்த்தாள்.

"யக்கா, இது யாரு?"

அவள் சீல் எடுக்க லேபுக்குப் போயிருக்கிறாள்.